கிழக்குத் தாம்பரத்திலிருந்து ஒரு தோரா

இங்கே நான் எழுதப்போகும் நிகழ்ச்சி தொடங்கியபோது, மீனம்பாக்கம் விமானச் சரக்கு வளாகத்தில் சுங்க முகவராக இருபது ஆண்டுகளுக்கு மேல் பணியாற்றியிருந்தேன். பொருளியலில் முதுகலைப் பட்டம் பெற்றவன். சுங்கத் துறையின் தேர்வில் முதல் முயற்சியிலேயே தேறி, என் சொந்தப் பெயரில் உரிமம் பெற்றவன். நான் கையொப்பமிட்ட டிக்ளரேஷன் எதுவும் பொய்யென்று திரும்பி வந்ததில்லை. “சார் ஃபைல்னா பெட்டியத் திறக்கவே வேணாம்” என்று சொன்ன, சரக்கைச் சோதித்து மதிப்பிடும் அப்ரைசர்கள் உண்டு. “திறந்தே பாருங்கள்” என்று நான்தான் வற்புறுத்துவேன். இந்தத் தொழிலுக்கு வரும் இளைஞர்கள், நான் எதை இழக்கத் தயாராக இல்லை என்பதை அறிந்த பிறகு மேலே படிப்பது நல்லது.

1. மறுத்த வேலை

இரண்டாயிரத்து மூன்றாம் ஆண்டு, மழைக்காலம் தொடங்கும் முன்பு, பல்லாவரத்திலிருந்த என் அலுவலகத்துக்கு எசக்கியேல் என்ற முதியவர் வந்தார். ஓய்வு பெற்ற கணித ஆசிரியர். மனைவி இறந்தபின் கிழக்குத் தாம்பரத்தில் தனியாக வசித்துவந்தார். பெயரைக் கேட்டு அண்டை வீட்டார் அவரைக் கிறிஸ்தவர் என்றே நினைத்திருந்தனர். அவர் யூதர்.

அவருடைய ஒரே மகள் இஸ்ரேலில் குடியேறியிருந்தாள். அந்தக் கோடையில் குளியலறையில் வழுக்கி விழுந்து, பக்கத்து வீட்டார் கதவை உடைத்துத் தூக்கும்படி ஆனபின், மகளோடு போய் இருப்பதென்று முடிவு செய்திருந்தார்.

“சாமான் ரொம்ப இல்ல சார்” என்றார். “புத்தகம், பாத்திரம், என் மனைவியோட தையல் மெஷின். அப்புறம் ஒரு தோரா.”

தோரா என்பது யூதர்களின் திருநூல். பதப்படுத்திய தோலில் கையால் எழுதிச் சுருளாகச் சுற்றியிருப்பார்கள். அவர் குடும்பத்தாரின் வழக்கப்படி அதை உருளை வடிவ மரப்பேழைக்குள் நிறுத்திவைத்திருந்தார். ஐந்து வயதுக் குழந்தையின் உயரம் இருக்கும். அவர் பாட்டனார் பாக்தாதிலிருந்து கல்கத்தாவுக்கும், பிறகு ரங்கூனுக்கும் அதைக் கொண்டுவந்தார். ஜப்பானியர் குண்டு வீசியபோது, துணிப்பெட்டியைத் துறைமுகத்திலேயே விட்டுவிட்டு இதை மட்டும் தூக்கிக்கொண்டு தந்தையார் கப்பல் ஏறினார்.

“கப்பல் முழுக்க நம்ம தமிழ் ஆளுங்க. ஒருத்தர் அப்பாகிட்ட, ‘உள்ள தங்கமா?’ன்னு கேட்டார். அப்பா ‘ஆமா’ன்னுட்டார். மெட்ராஸ் வந்து சேர்ற வரைக்கும் மனுஷன் தூங்கல!”

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திக்கொண்டு மற்றொன்றையும் சொன்னார். யூத ஆண்கள் பத்துப் பேர் கூடாமல் தோராவைச் சபையில் வாசிக்கக் கூடாது. போர் முடிந்ததும் இங்கிருந்த சில குடும்பங்களும் லண்டன், சிட்னி, இஸ்ரேல் என்று பிரிந்துபோயின. அப்போதிலிருந்து அது வாசிக்கப்படவேயில்லை.

“மழை முடிஞ்சதும் திறந்து காத்து பட வைப்பேன். மூடிடுவேன். அவ்வளவுதான் சார்.”

எழுபத்தைந்து ஆண்டுகளைக் கடந்த மதிப்புமிக்க கையெழுத்துச் சுவடியை நாட்டுக்கு வெளியே கொண்டுசெல்ல முடியாது என்று சட்டத்தை எடுத்துச் சொன்னேன். அவர் என்னிடம் வரும் முன்பே வேறொரு முகவரைப் பார்த்திருந்தார்.

“அவர், ‘யூஸ்டு ஹவுஸ்ஹோல்டு குட்ஸ்னு போட்டுடலாம், யாரும் திறக்க மாட்டாங்க’ங்கறார்.”

“திறந்தால் பறிமுதல் செய்வார்கள். உங்கள் தோரா ஏதாவது ஒரு கோடவுனில் கிடக்கும். திறக்காவிட்டாலும் அந்தத் தாளில் என் கையெழுத்து விழாது.”

அவர் எழுந்து குடையை எடுத்துக்கொண்டார். “அப்போ நானும் போகல சார். அப்பா கடலத் தாண்டித் தூக்கிட்டு வந்தத பூட்டின வீட்டுல விட்டுட்டு நான் எப்படிப் ப்ளேன் ஏற முடியும்?”

2. மகள் சொன்ன ஒரு வாக்கியம்

முறைப்படி தொல்பொருள் அலுவலகத்துக்கு விண்ணப்பித்தோம். வல்லுநர் ஒருவர் நேரில் வந்து பார்த்து, நூறு ஆண்டுகளுக்கும் மேற்பட்டது, வெளியே அனுப்ப இயலாது என்று மிகுந்த மரியாதையுடன் தெரிவித்தார். அன்று மாலை மகள் தொலைபேசியில் அழைத்தபோது நான் எசக்கியேல் வீட்டில் இருந்தேன். ஸ்பீக்கரில் அவள் குரல் கேட்டது.

“பப்பா, இங்க தெருவுக்குத் தெரு தோரா இருக்கு. எனக்கு நீங்க ஒருத்தர்தான் இருக்கீங்க. தயவுசெஞ்சு வந்துடுங்க.”

அவர் ஃபோனை வைத்தார்.

நான் கேட்டேன்: “அங்கே தெருவுக்குத் தெரு இருக்கிறதென்றால், தோரா இல்லாமல் தவிக்கும் இடம் எது? சட்டம் நாட்டைவிட்டு வெளியேறுவதைத்தான் தடுக்கிறது. நாட்டுக்குள்ளே போவதைத் தடுக்கவில்லை.”

மறுநாளிலிருந்து அவரே விசாரித்தார். மும்பைக்கு அருகில் ஒரு சிற்றூரில் சிறிய யூதத் தொழுகைக்கூடம் ஒன்று இருந்தது. அவர்களுடைய தோராவில் எழுத்துகள் தேய்ந்துவிட்டன. ஓர் எழுத்து சிதைந்தாலும் அதை வைத்து வாசிக்கலாகாது என்பது விதி. அவ்வூர் இளைஞர்கள் பெரும்பாலும் இஸ்ரேலுக்குப் போய்விட்டார்கள். மிஞ்சியவர்கள் அச்சிட்ட புத்தகத்தைக் கொண்டு தொழுகை நடத்திவந்தனர்.

ஒரு வாரம் கழித்து எசக்கியேல் என்னை அழைத்தார். குரலில் ஒரு துள்ளல் இருந்தது.

“அங்க இருக்கற பெரியவர்கிட்ட, ‘பத்துப் பேர் சேருவாங்களா?’ன்னு கேட்டேன் சார். ‘வாசிக்கற நாள்கள்ல வியாழக்கிழமை காலைல சேரும், சில வாரம் சேராது’ங்கறார். எனக்கு அது போதும். சேரும்னு சொல்ல ஒரு ஊர் இருக்கே!”

3. உயரத்தில் வைத்ததால் வந்த வினை

பேக்கிங் வேலையை யூசுப் பாயிடம் ஒப்படைத்தேன். பல்லாவரத்துக்காரர். என் சரக்குகளைப் பல ஆண்டுகளாக அவர்தான் கட்டிவந்தார். அப்போது ரமலான் மாதம். நோன்பு வைத்துக்கொண்டே வேலைக்கு வந்திருந்தார்.

எசக்கியேல் தோராவைக் கட்டிலின் நடுவில் தலையணைகளுக்கிடையே படுக்கவைத்திருந்தார். யூசுப் பாய் அதைப் பார்த்ததும் செருப்பை வாசலிலேயே விட்டுவிட்டு வந்தார்.

“இது இன்னா சார், வேதமா?”

“ஆமாம்.”

“வேதத்தப் போய் உக்கார்ற எடத்துல வெச்சிக்கினு கீறாரே பெரியவரு!”

அவர் வீட்டில் திருக்குர்ஆன் இருக்கும் இடம் அலமாரியின் மேல்தட்டு. அதற்கு மேல் எதையும் வைக்க மாட்டார்கள். அந்த வழக்கப்படி, எசக்கியேல் சமையலறையில் இருந்த நேரத்தில், பேழையைப் பயபக்தியோடு தூக்கி, அறையிலேயே உயரமான மர பீரோவின் மேல் நிறுத்திவைத்தார். எனக்கும் அது சரியென்றே பட்டது. நம் வீட்டுப் பூஜைப் பொருளைக் கட்டிலில் போடுவோமா?

பிறகு அவரும் அவருடைய ஆளும் கட்டிலை நகர்த்தியபோது அதன் கால் பீரோவை இடித்தது. பேழை சாய்ந்தது. யூசுப் பாய் பாய்ந்து பிடித்தும், அது அவர் தோளில் பட்டுத் தரையில் விழுந்தது. கதவருகே வந்துவிட்ட எசக்கியேல் அதைத் தம் கண்ணாலேயே பார்த்தார். மரப்பேழையில் ஒரு விரிசல் விழுந்திருந்தது. உள்ளே சுருளுக்கு எந்தச் சேதமும் இல்லை.

எசக்கியேல் தரையில் உட்கார்ந்து அதை மடியில் எடுத்துவைத்துக்கொண்டார். இனி இதை எந்த ஊருக்கும் அனுப்ப மாட்டேன், நானும் போக மாட்டேன் என்று சொல்லிவிடுவாரோ என்றுதான் அஞ்சினேன்.

“தோரா விழுந்தா, விழறதப் பாத்தவங்க நோன்பு இருக்கணும்” என்றார் மெதுவாக. “நாப்பது நாள்னு சொல்வாங்க. ரங்கூன்ல எங்க பெரியவங்க வயசானவங்களுக்கு ஒரு நாளும் தர்மமும்னு குறைச்சிருக்காங்க. நாளைக்கு நான் இருக்கேன். உங்களுக்கு இந்த விதி இல்ல. நீங்க யூதர் இல்ல.”

யூசுப் பாய்க்கு அது பொறுக்கவில்லை. “தள்னவன் நானு, பட்னி நீங்களா? நல்ல நாயமா கீதே! நான் எப்டியும் நோன்புல கீறேன். நாளைக்கு நோன்ப இதுக்கும் சேத்தே வெச்சிக்கறேன்.”

“ஒரே நோன்ப ரெண்டு கணக்குல எழுத முடியாது பாய்.”

“கணக்கு வாத்தியாரே, அது மேல கீறவன் போட்ற கணக்கு. நீங்க அதுல போய் செவப்பு மை போடாதீங்க.”

எசக்கியேலின் முகம் சற்றே இளகியது. ஒப்படைக்கப்படும் வரை சரக்கு என் பொறுப்பு என்பதால் நானும் உண்ணாதிருப்பேன் என்று தெரிவித்தேன். நான் ஏகாதசி விரதம் தவறாதவன். அது எனக்குச் சிரமமன்று.

4. மூன்று நட்சத்திரம்

மறுநாள் மாலை எசக்கியேல் வீட்டு மொட்டைமாடியில் மூவரும் கூடினோம். யூசுப் பாய் பெரிய தூக்கில் நோன்புக் கஞ்சி கொண்டுவந்திருந்தார். தம் முறைப்படி அறுத்துத்தர ஆளில்லாததால் எசக்கியேல் இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்தே இறைச்சி உண்பதில்லை. நானோ பிறவிச் சைவம்.

“கறி போடல. எங்கூட்ல கறி படாத புதுச் சட்டி வாங்கி, பருப்பும் தேங்காப்பாலும் போட்டுக் காச்சிச்சு. பயப்படாம சாப்டலாம்” என்றார்.

பள்ளிவாசலில் பாங்கு ஒலித்தது. அவர் பேரீச்சம்பழத்தால் நோன்பைத் திறந்து, ஒரு மூலையில் தொழுதுவிட்டு வந்தார். கஞ்சியைத் தொடவில்லை. எசக்கியேலின் நோன்பு முடிய வானத்தில் மூன்று நட்சத்திரங்கள் தெரிய வேண்டும். ஐப்பசி வானம் முழுவதும் மேகம்.

“அதோ ஒண்ணு!” என்றார் யூசுப் பாய்.

“அது நகருது பாய். ஏர்ஃபோர்ஸ் ப்ளேன்.”

“சரி, அது?”

“செல்ஃபோன் டவர்.”

“இன்னா சார் பேஜாரு! உங்க ஆண்டவரு தாம்பரத்துல மழ காலத்துல நோன்பு வெக்கறவங்கள யோசிக்கவேயில்லியா?”

எசக்கியேல் வாய்விட்டுச் சிரித்தார். தோரா விழுந்த பிறகு அவர் சிரித்தது அப்போதுதான். “இருட்டிடுச்சு. மூணும் மேல இருக்கும். மேகம் மறைச்சா அது நம்ம தப்பில்ல. ஊத்துங்க பாய்.”

முதல் டம்ளரைக் குடித்துமுடித்ததும் என்னிடம் திரும்பி, “ரயில் டிக்கெட்ட ஏற்பாடு பண்ணுங்க சார்” என்றார். எனக்கு அந்தச் சொல்லே போதுமாயிருந்தது.

5. வியாழக்கிழமை

பேழையின் விரிசலை யூசுப் பாய் தம் கையாலேயே ஒட்டி மெருகிட்டார். கூலி வாங்கவில்லை. நோன்பு நாளானதால் பயணத்துக்கு வர இயலாதென்று வருந்தி, சென்ட்ரல் வரை வந்து வழியனுப்பினார். நான் உடன் சென்றேன். சரக்கைப் பெறுபவர் கையில் சேர்க்காமல் திரும்பும் வழக்கம் என் நிறுவனத்தில் இல்லை. ரயிலில் எசக்கியேல் பேழையைத் தம் பெர்த்தில் வைத்துவிட்டு, இரவில் பெரும்பகுதி அதன் பக்கத்தில் உட்கார்ந்தே வந்தார்.

வியாழக்கிழமை காலை அந்தச் சிறிய கூடத்தில் பேழை திறக்கப்பட்டது. மராத்தி பேசும் அந்த மனிதர்களுக்கும் எசக்கியேலுக்கும் பொதுவாக இருந்தது அரைகுறை இந்தியும் ஆங்கிலமும்தான். வாசிப்பு தொடங்கியதும் அந்தத் தடை நீங்கிவிட்டது. ஓரிடத்தில் அவரை அழைத்து வாழ்த்துரை சொல்லச் சொன்னார்கள். பக்கத்திலிருந்தவர் முதல் சொல்லை எடுத்துக்கொடுத்தார். அதன்பின் அவர் நிறுத்தாமல் சொல்லி முடித்தார்.

அடுத்த மாதம், தையல் மெஷினையும் பாத்திரங்களையும் முறையான டிக்ளரேஷனுடன் அனுப்பிவைத்தேன். மீனம்பாக்கத்தில் அவரை வழியனுப்பியபோது, யூசுப் பாய்க்கென்று தம் குடையைக் கொடுத்துவிட்டு, “அங்க மழை கம்மி” என்றார். மகள் வீட்டிலிருந்து சில ஆண்டுகள் வரை தொலைபேசியில் பேசிவந்தார். வியாழக்கிழமை தோறும் அந்தச் சிற்றூர்ப் பெரியவரை அழைத்து, வாசித்தார்களா என்று கேட்டுக்கொள்வாராம்.

இளம் முகவர்களுக்கு நான் சொல்ல விரும்புவது இதுதான். சரக்கு எங்கே போக வேண்டும் என்று வாடிக்கையாளர் சொல்வார். அது எதற்காகப் போக வேண்டும் என்று நீங்கள் கேளுங்கள். அந்த விடை கிடைத்தால், பொய்க் கையெழுத்துக்குத் தேவை வராத வழி பெரும்பாலும் கிடைத்துவிடும்.

இறுதியாக ஒரு திருத்தம். அன்று கூடத்தில் ஒன்பது பேரே இருந்ததாகவும், ஆள் குறைந்ததால் நான் பத்தாவது ஆளாக நின்று வாசிப்பை நடத்திவைத்ததாகவும் எங்கள் வட்டாரத்தில் பெருமையாகப் பேசப்படுகிறது. என் பாராட்டு விழாவிலும் ஒருவர் அவ்வாறே பேசினார். அது தவறு. யூதரல்லாதவர் அந்த எண்ணிக்கையில் சேர மாட்டார். நான் தலையில் கைக்குட்டையைப் போட்டுக்கொண்டு கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அவ்வூரார் ஒன்பது பேர் வந்திருந்தது உண்மை. பத்தாவது ஆள் எசக்கியேல்.