ஏசி நின்ற வெள்ளிக்கிழமை

எங்கள் வீட்டு ஃபிரிட்ஜுக்குள் அப்பாவின் கார் சாவியை வைத்தவர் மாமா. தயிர்ப் பாத்திரத்துக்கும் மல்லித்தழைப் பொட்டலத்துக்கும் நடுவில் அது கிடந்தது. பால் எடுக்கப் போன அப்பா அதைப் பார்த்துவிட்டு, கதவைத் திறந்து பிடித்தபடியே அம்மாவிடம் கேட்டார். "உன் தம்பிக்கு என்ன ஆச்சு?"

மாமா கூடத்திலிருந்தே பதில் சொன்னார். "ஷூட்டிங்குக்காக ஃபிரிட்ஜை ஆஃப் பண்ணியிருக்கேன் அத்தான். முடிஞ்சதும் திரும்பப் போட மறந்திருவோம்லா. சாவி உள்ள இருந்தா, வண்டி எடுக்கும்போதாவது ஞாபகம் வரும்."

"வண்டி என்னோடது. மறக்கப்போறது நீ."

"அதான், நீங்க வந்து என்னைத் திட்டுவீங்கல்லா."

சவுண்டு வேலை பார்ப்பவர்கள் எல்லோரும் இப்படித்தான் செய்வார்கள் என்றார் மாமா. அப்பா நம்பவில்லை. ஆனால் சாவியை எடுக்கவும் இல்லை.

மாமா அம்மாவின் தம்பி. சென்னையில் சினிமாவுக்குச் சவுண்டு பிடிக்கும் வேலையில் இருந்தவர். கேபிள் சுருட்டுகிற ஆளாகச் சேர்ந்து, நீளக் கம்பின் நுனியில் மைக்கைக் கட்டி நடிகர்களின் தலைக்கு மேலே பிடித்துக்கொண்டு நிற்கும் ஆளாக உயர்ந்தார். உயர்ந்தார் என்பது அவருடைய சொல்தான். வருஷக்கணக்காகக் கையைத் தூக்கியே நின்றதில் அவருடைய வலது தோள் இடது தோளைவிடக் கொஞ்சம் மேலே இருக்கும். சட்டைக்கு அளவெடுக்கும் தையற்காரர்கள் சந்தேகப்பட்டு இன்னொரு முறை எடுப்பார்கள். பிறகு பதிவு செய்யும் கருவியின் முன்னால் உட்காரும் இடத்துக்கும் வந்தார். ஆனால் அவர் பதிவு செய்த படங்களில் எல்லாம் அவருடைய முதலாளியின் பெயர்தான் வந்தது.

தமிழ்ப் படங்களில் பெரும்பாலும் படம்பிடிக்கும் இடத்தில் பதிவான குரலை வைத்துக்கொள்வதில்லை. பின்னால் ஸ்டுடியோவில் உட்கார்ந்து எல்லோரும் மறுபடி பேசுவார்கள். மாமாவுக்கு அது ஆகாது. "அழுதவ அன்னைக்கு அழுதா. ரெண்டு மாசம் கழிச்சு ஏசி ரூம்ல உக்காந்து அவளே அவள மாதிரி மிமிக்ரி பண்ணுதா. இது என்ன நியாயம்?" என்பார். சென்னையில் வேலை குறைந்தபோது துபாய்க்கு வந்தார். விளம்பரங்களுக்குக் குரல் பதிவு செய்யும் சின்ன ஸ்டுடியோ ஒன்றில் வேலை. இந்த வாரம் கோழிக்கால் மலிவு என்று பல பாஷைகளில் பலர் உற்சாகமாகச் சொல்வதை நாள் முழுக்கக் கேட்டுவிட்டு வந்து, கராமாவில் எங்கள் வீட்டுக் கூடத்து சோபாவில் படுத்துக்கொள்வார். அவருக்கு அதுதான் ரூம்.

அப்போதுதான் இங்குள்ள தமிழர்கள் சிலர் சேர்ந்து ஒரு படம் எடுத்தார்கள். டைரக்டர் மற்ற நாட்களில் ஒரு சரக்குக் கப்பல் கம்பெனியில் அக்கவுண்டன்ட். சம்பளம் யாருக்கும் கிடையாது. மாமாவிடம் அவர் சொன்னது இதுதான்: படம்பிடிக்கும் இடத்தில் பதிவாகும் சத்தமே படத்தில் இருக்கும், ஒலிப்பதிவு என்று போட்டு மாமாவின் பெயர் தனியாகத் திரையில் வரும், அதைக் கேட்டுவிட்டுச் சென்னையில் படம் எடுக்கும் தன் நண்பர் அடுத்த படத்துக்குக் கூப்பிடுவார். மாமா இதை அம்மாவிடம் சொன்னபோது நின்றுகொண்டே சொன்னார். சோபா பக்கத்தில்தான் இருந்தது.

முக்கியமான காட்சி எங்கள் கூடத்தில். தொழிலாளர் கேம்ப்பில் இருக்கும் கணவனின் போனுக்காக ஒரு பெண் காத்திருக்கிறாள். போன் வருகிறது, அவள் இரண்டு வரி பேசுகிறாள், லைன் அறுந்துபோகிறது. அதன்பிறகு அவள் பேசாமல் உட்கார்ந்திருக்க வேண்டும். "இந்தப் படமே அந்த மௌனத்துலதான் நிக்குது பாஸ்" என்று டைரக்டர் மாமாவின் தோளைப் பிடித்துச் சொன்னார், உயர்ந்த தோளை. நடித்த அக்கா பணம் மாற்றும் மணி எக்ஸ்சேஞ்ச் ஒன்றில் கவுண்டரில் இருப்பவர். மறுநாள் லீவில் ஊருக்குப் போகிறார். ஆகவே அந்த வெள்ளிக்கிழமையை விட்டால் வேறு நாள் இல்லை.

வளைகுடாவில் ஏசி ஓடும் சத்தம் யாருக்கும் கேட்பதில்லை. நின்றால்தான் கேட்கும். எங்கள் கட்டடம் பழையது, சன்னலுக்குச் சன்னல் ஏசிப்பெட்டி துருத்திக்கொண்டிருக்கும். எங்கள் வீட்டு ஏசியை நிறுத்தினால் மாமாவின் ஹெட்போனில் எதிர்வீட்டு ஏசி கேட்டது. அதை நிறுத்தினால் மேல்வீட்டு ஏசி. ஜூலை மாதத்தில் ஒரு கட்டடமே ஏசியை நிறுத்தினால்தான் மாமாவின் பெயர் திரையில் வரும் என்று ஆனது. தூது போகும் வேலை எனக்கு. ஸ்கூல் லீவு, டிக்கெட் விலை காரணமாக நாங்கள் ஊருக்குப் போகவில்லை, வேறு வேலையும் எனக்கு இல்லை.

எதிர்வீட்டு மலையாளச் சேச்சி, "எத்ர நேரம் மோளே?" என்று மட்டும் கேட்டுவிட்டு நிறுத்தினார். மேல்வீட்டில் பேச்சிலர்கள். கதவைத் திறந்தவர் பனியனோடு நின்று, "அச்சா, ஹீரோயின் கோன் ஹை?" என்றார். எனக்குத் தெரிந்த இந்தியில், ஹீரோயின் எங்கள் மம்மி இல்லை என்று சொன்னேன். உள்ளே யாரோ பலமாகச் சிரித்தார்கள். அவர்களும் நிறுத்தினார்கள். எங்களுக்கு நேர் கீழே கீழக்கரைக்காரர்கள். அந்த வீட்டு மாமா தேரா பஜாரில் கடிகாரக்கடை வைத்திருந்தவர். கொஞ்ச நாளாக உடம்பு சரியில்லை, கடைக்குப் போவதில்லை. அவருடைய மனைவி நான் சொன்னதைக் கேட்டு, "அதுக்கென்னம்மா, நிப்பாட்டிர்றோம்" என்றார்.

ஷூட்டிங் தொடங்குவதற்குள் எல்லோருடைய சட்டையும் முதுகில் ஒட்டிக்கொண்டது. அம்மா ஒரு பீட்ஸா அட்டையால் நடிக்கும் அக்காவுக்கு விசிறிக்கொண்டிருந்தார். மாமா ஹெட்போனை மாட்டிக் கண்ணை மூடினார். பிறகு திறந்தார்.

"என்னமோ இருக்கு சார்."

"எனக்கு ஒண்ணும் கேக்கலையே பாஸ்."

"கீழ என்னமோ ஓடுது."

டைரக்டர் கேமராக்காரரைப் பார்த்தார். கேமராக்காரர் தலையை ஆட்டினார், அவருக்கும் கேட்கவில்லை. மாமா ஹெட்போனைக் கழற்றி என் காதில் வைத்தார். "ஏட்டி, உனக்கு என்ன கேக்குது?"

முதலில் என் மூச்சுதான் கேட்டது. பிறகு யாரோ கால் மாற்றி நிற்பது. எல்லாவற்றுக்கும் அடியில், மெத்தைக்குள் வைத்துத் தைத்தது போல, ஒரு உறுமல். நடுநடுவே புஸ் என்று ஒரு சின்னச் சத்தம்.

"பூனை தூங்குற மாதிரி" என்றேன்.

"பாத்தீங்களா சார்" என்றார் மாமா. தரையில் குப்புறப் படுத்துக் காதை வைத்தார். எழுந்தபோது கன்னத்தில் தூசி. "கீழ்வீடு. நான் போய்ப் பாத்துட்டு வாரேன்."

"யல்லா பாஸ், சீக்கிரம். இவங்களுக்கு ஊருக்குப் பேக்கிங்கே முடியல. அந்தச் சத்தம் எதுவா இருந்தாலும் ரெண்டு நிமிஷம் ஆஃப் பண்ணச் சொல்லுங்க. கீழ உள்ளவங்க ஒத்துக்கலேன்னா நான் வந்து பேசுறேன்."

நானும் மாமாவின் பின்னால் இறங்கினேன். கீழ்வீட்டுக் கதவு திறந்ததும் சூடு முகத்தில் அடித்தது. எங்கள் வீட்டைவிட அங்கே அதிகம். காலையில் நான் சொல்லிவிட்டு வந்ததிலிருந்தே ஏசியை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். டேக் போகும்போது மட்டும் நிறுத்தினால் போதும் என்று நான் சொல்லவில்லை. என்னிடமும் யாரும் சொல்லியிருக்கவில்லை.

அந்த வீட்டு மாமா கட்டிலில் மூன்று தலையணையை முதுகுக்குக் கொடுத்துச் சாய்ந்திருந்தார். மூக்கில் மெல்லிய குழாய். குழாயின் மறுமுனை கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்த ஒரு பெட்டிக்குப் போனது. பெட்டியில் ஒட்டியிருந்த சின்னக் குப்பிக்குள் தண்ணீர் குமிழியிட்டுக்கொண்டிருந்தது. மீன் இல்லாத மீன்தொட்டி என்று எனக்குத் தோன்றியது. ஆக்சிஜன் தரும் இயந்திரம் அது.

"வாங்க தம்பி" என்றார் அந்த வீட்டு மாமி. மாமா பெட்டியைப் பார்ப்பதைக் கவனித்துவிட்டார். "இந்த மெசினும் மேல கேக்குதா? நான் அப்பவே இவுககிட்டச் சொன்னேன், கேக்கும்னு."

கட்டிலில் இருந்தவர் கையைத் தூக்கினார். ஒவ்வொரு சொல்லுக்கும் இடையில் மூச்சு வாங்கியது. "எவ்வளவு நேரம்... ரெண்டு நிமிசமா? நிப்பாட்டச் சொல்லுங்க. நாங்களும்... சினிமாவுக்கு... ஒத்தாசை பண்ணுனதா... இருக்கட்டும்." சிரித்தார்.

மாமி குனிந்து சுவிட்சுக்குக் கையைக் கொண்டுபோனார்.

"வேணாம்மா!" என்றார் மாமா. அவர் அவ்வளவு சத்தமாகப் பேசி நான் கேட்டதில்லை. உடனே குரலைத் தணித்துக்கொண்டார். "மேல ஒண்ணுமே கேக்கல. ஷூட்டிங் முடிஞ்சுட்டு. அதைச் சொல்லத்தான் வந்தேன்."

"முடிஞ்சுருச்சா? சத்தமே காணோமே!"

"சத்தம் இல்லாத சீனும்மா."

அவரே போய்ச் சன்னலருகே இருந்த ஏசியைப் போட்டார். அது பழைய பெட்டி. இருமிவிட்டுத்தான் ஓடத் தொடங்கியது. காற்று கட்டிலுக்குப் போகும்படி அதன் தகடுகளைத் திருப்பிவிட்டு, அந்த வீட்டு மாமாவின் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத்தான் வெளியே வந்தார்.

படியேறும்போது நான் கேட்டேன். "ஷூட்டிங் முடிஞ்சுட்டா மாமா?"

"இல்லட்டி. நீ மேல போய் ஒண்ணும் பேசக்கூடாது. சவுண்டு எடுக்கப்போறோம்லா."

ஷூட்டிங் நேரத்தில் பேசக்கூடாது என்பது காலையிலிருந்தே சட்டம். ஆகவே நான் பேசவில்லை.

"என்னாச்சு பாஸ்?"

"சரியாயிட்டு சார். போலாம்."

போன் வந்தது, அந்த அக்கா பேசினார், லைன் அறுந்தது, அவர் உட்கார்ந்திருந்தார். கீழே ஏசி ஓடிக்கொண்டிருந்தது. அந்தக் கூடத்தில் நின்ற யாருக்கும் அது கேட்கவில்லை, எனக்கும்தான். மாமா கண்ணை மூடிக்கொண்டு ஹெட்போனை இரண்டு கையாலும் அழுத்திப் பிடித்திருந்தார். டைரக்டர் பார்த்தபோது கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார்.

காட்சி முடிந்ததும் ஒரு வழக்கம் உண்டு. யாரும் இடத்தைவிட்டு அசையாமல் நிற்க வேண்டும். அந்த அறை சும்மா இருக்கும் சத்தத்தை மட்டும் தனியாகப் பதிவு செய்துகொள்வார்கள். நாங்கள் எல்லோரும் வியர்வை வழிய நின்றோம். அம்மாவின் கையில் பீட்ஸா அட்டை பாதியில் நின்றது. மாமா தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார். கேமராக்காரர் கேமராவை மடித்து வைக்கும் அளவுக்கு நேரமான பிறகும் கேட்டுக்கொண்டிருந்தார்.

"கலாஸ் பாஸ், போதும்" என்று டைரக்டர்தான் நிறுத்தினார்.

சில வாரங்கள் கழித்து போன் வந்தது. மாமா சோபாவில் உட்கார்ந்திருந்தார். மறுமுனையில் டைரக்டர் கத்துவது சமையலறைக்கே கேட்டது. சென்னையில் பெரிய ஸ்பீக்கரில் போட்டுப் பார்த்திருக்கிறார்கள். மௌனம் முழுக்க ஏதோ ஃபேக்டரி ஓடுகிறதாம்.

"ஆமா சார்... எனக்குக் கேக்கல சார்... ஏமாந்துட்டேன். தப்பு என்னோடதுதான்."

படம் பிறகு வந்தது. குரல் எல்லாம் சென்னையில் மறுபடி பேசப்பட்டிருந்தது. ஒலிப்பதிவு என்ற இடத்தில் வேறு ஒருவருடைய பெயர். மாமாவின் பெயர் கடைசியில், நன்றி என்பதற்குக் கீழே, டீ கொடுத்த கஃபேட்டீரியாவுக்கு அடுத்ததாக வந்தது. சென்னையிலிருந்து யாரும் அவரைக் கூப்பிடவில்லை.

ஆனால் போன் வந்த அந்த வாரம் வீட்டில் பேச்செல்லாம் மாமாவின் காதைப் பற்றித்தான். "நாள் பூரா அந்த ஹெட்போனை மாட்டிக்கிட்டே இருந்தா?" என்றார் அப்பா. அம்மா பயந்துபோனார். காது போனால் தம்பிக்கு வேறு தொழில் இல்லை. மாமா எவ்வளவோ மறுத்தும் கேட்காமல் அம்மா அவரைக் கிளினிக்குக்கு இழுத்துப் போனார். நானும் கூடப் போனேன்.

கண்ணாடி வைத்த சின்ன அறைக்குள் மாமாவை உட்கார வைத்து, காதில் ஹெட்போனும் கையில் ஒரு பட்டனும் கொடுத்தார்கள். சத்தம் கேட்டால் அழுத்த வேண்டும். அவர் அழுத்திக்கொண்டே இருந்தார். வெளியே இருந்த பெண் சத்தத்தைக் குறைத்துக்கொண்டே போனார். மாமா கண்ணை மூடி, சாய்ந்து உட்கார்ந்து, அழுத்தினார். முடிந்துவிட்டது என்று சொன்ன பிறகும் எழுந்து வரவில்லை. "துபாய்ல இவ்வளவு அமைதியான ரூமை இப்பத்தான் பாக்கேன் எக்கா. இங்கயே இருந்துக்கிடுதேன்" என்றார்.

டாக்டர் ரிப்போர்ட்டைப் பார்த்தார். இந்த வயதில் இப்படிக் கேட்பது அபூர்வம், சின்னப் பிள்ளைக் காது என்றார்.

எனக்கு ஒரே சந்தோஷம். வெளியே வந்ததும் ஜூஸ் கேட்டேன். மூன்று பேரும் கடை வாசலில் நின்றோம். அம்மா தன்னுடைய ஜூஸைக் குடிக்காமல் கையில் வைத்திருந்தார்.

"கீழ்வீட்டுக்கு நேத்து கஞ்சி கொண்டு போனேன்" என்றார் மாமாவிடம். "அந்த மெசின் ராப்பகலா ஓடுது."

"ஆமா எக்கா."

"அன்னைக்கும் ஓடிச்சு."

மாமா ஐஸைக் கலக்கிக்கொண்டிருந்தார்.

"அத்தான்கிட்டச் சொல்லாத" என்றார் பிறகு. "டைரக்டரைப் பிடிச்சு சண்டை போடுவாரு."

அம்மா மாமாவின் உயர்ந்த தோளில் கையை வைத்தார். இன்னொரு கையில் ஜூஸ் இருந்ததால் கண்ணைத் துடைத்துக்கொள்ள முடியவில்லை. காது நன்றாக இருக்கிறது என்றுதானே டாக்டர் சொன்னார், இதற்கு எதற்கு அழ வேண்டும் என்று யோசித்தபடி நான் ஸ்ட்ராவை உறிஞ்சினேன்.