எண்பத்தொன்றில் பிறந்த முப்பத்தொரு பேர்

தலைப்பில்லாத பட்டியலை நான் யாருக்கும் அனுப்புவதில்லை. அலுவலகத்தில் இதற்காக என்னைக் கேலி செய்வார்கள். மதியத்துக்கு யார் யாருக்கு என்ன சாப்பாடு வாங்குவது என்று எழுதும் துண்டில்கூட மேலே ‘சாப்பாடு’ என்று எழுதி, அடியில் கோடு போட்டுத்தான் கொடுப்பேன். தொழில் பழக்கம் என்று சொல்லிச் சமாளித்துக்கொள்கிறேன். நூலகங்களின் புத்தக விவரங்களைக் கணினியில் பராமரிக்கிறவள் அப்படிச் சொன்னால் யாரும் மேற்கொண்டு கேட்பதில்லை. அந்தப் பழக்கம் எனக்கு வந்தது பத்து வயதில், ஓர் ஓகஸ்ட் விடுமுறையில், மாத்தளையில்.

அப்பா நகரத்து நூலகத்தில் தமிழ்ப் பகுதிக்குப் பொறுப்பாக இருந்தார். பொறுப்பு என்றால் நான்கு அலுமாரி, ஒரு மேசை, அட்டைகள் அடுக்கிய ஒரு மரப்பெட்டி. புத்தகம் ஒன்று வந்தால் அதன் பெயர், எழுதியவர், அச்சிட்ட இடம், பக்கம் எல்லாவற்றையும் ஓர் அட்டையில் எழுதி அந்தப் பெட்டியில் செருகுவார். ஒரு புத்தகத்துக்குக் கால் மணி நேரம் பிடிக்கும். அந்த வருடம் நூலகத்துக்குக் கணினி ஒன்று வந்தது. கூடவே கொழும்பிலிருந்து ஒரு செய்தியும் வந்தது. இனி எதையும் எழுத வேண்டாம். புத்தகத்தின் பின்னட்டையில் இருக்கும் பத்து இலக்க எண்ணை மட்டும் கொடுத்தால் போதும், மற்ற விவரம் எல்லாம் குறுவட்டில் வந்துவிடும். உலகத்தில் ஏதோவொரு நூலகத்தில் யாரோ ஒருவர் அந்தப் புத்தகத்துக்கு ஏற்கெனவே விவரம் எழுதி வைத்திருப்பார்.

சித்தப்பா இதை நம்பவில்லை. அவர் மாத்தளை பஸ் நிலையத்தில் ஆட்டோ ஓட்டினார். சாப்பாடு எங்கள் வீட்டில்.

“அப்ப ஒங்க வேலை போச்சா அண்ணே?”

“போடா. ஒரே புஸ்தகத்துக்குக் கண்டியில ஒருத்தன் எழுதுறான், மெட்ராஸ்ல ஒருத்தன் எழுதுறான், நானும் குந்திக்கிட்டு எழுதுறேன். இனிமே நம்பரைச் சொன்னா வாங்கிக்கலாம்.” பிறகு என் பக்கம் திரும்பினார். “ஐடி மாதிரி பாப்பா. ஆளுக்கு ஒரு நம்பர் இருக்குற மாதிரி புஸ்தகத்துக்கு ஒரு நம்பர். ஒலகத்துல எங்க போனாலும் அது மாறாது.”

அந்த வாக்கியம் என்னைப் பிடித்துக்கொண்டது. விடுமுறை முழுவதும் அப்பாவோடு நூலகத்துக்குப் போனேன். சென்னையிலிருந்து யாரோ அன்பளிப்பாக அனுப்பிய முந்நூற்று நாற்பது புத்தகங்கள் பெட்டிகளில் இருந்தன. நான் எண்ணை வாசிப்பேன், அப்பா ஒற்றை விரலால் தட்டுவார். இந்தியாவில் அச்சான புத்தகம் என்றால் எண் எண்பத்தொன்றில்தான் தொடங்கும் என்பதை முதல் அரை மணியிலேயே கண்டுபிடித்துவிட்டேன். பத்தோ பன்னிரண்டோ ஏறியிருக்கும், கணினி ஒரு சத்தம் போட்டு மறுத்தது. அந்த எண் ‘எக்ஸ்’ என்ற எழுத்தில் முடிந்தது.

எண்ணில் எழுத்து எப்படி வந்தது என்று கேட்டேன். அப்பா ஒரு தாளை எடுத்துக் கணக்கைக் காட்டினார். முதல் இலக்கத்தைப் பத்தால் பெருக்கு, அடுத்ததை ஒன்பதால், அடுத்ததை எட்டால். எல்லாவற்றையும் கூட்டி, கடைசி இலக்கத்தையும் சேர்த்தால் பதினொன்றால் மீதியின்றிப் பிரிய வேண்டும். பிரியாவிட்டால் யாரோ எண்ணைப் பிழையாக எழுதியிருக்கிறார்கள். சில புத்தகங்களுக்குக் கடைசி இலக்கமாகப் பத்து வரவேண்டியிருக்கும். ஓர் இடத்தில் பத்தை எழுத முடியாதே. அதனால் எக்ஸ்.

“அப்ப எக்ஸுன்னா பத்து.”

“பத்துதான். ஒக்கார எடமில்லாத பத்து.”

கணினிக்கு அது தெரியவில்லை. இன்று அந்த நிரல் என் கையில் கிடைத்தால் ஒரு வரியில் திருத்திவிடுவேன். அன்று அப்பா கொழும்புக்குத் தொலைபேசினார். எக்ஸில் முடிகிறவற்றை மட்டும் தனியாக எழுதிக் கொண்டுவரச் சொன்னார்கள், நடுவில் வரும் சிறு கோடுகள் வேண்டாம் என்றார்கள். அந்த வேலை எனக்கு வந்தது. முப்பத்தொன்று தேறின. ஒவ்வொரு புத்தகத்திலும் ஒரு ரோஸ் நிறத் துண்டைச் செருகிவைத்தேன்.

“பக்கத்துல பேரையும் எழுதிரு பாப்பா,” என்று அப்பா சொல்லியிருந்தார். நான் எழுதவில்லை. தலைப்புகள் சில நீளம், சில குட்டை. எண்களோ ஒன்றின் கீழ் ஒன்றாகப் பட்டாளம் போல நின்றன. பெயர்கள் அந்த அழகைக் கெடுத்துவிடும். எண் இருந்தால் பெயர் எதற்கு என்று அப்பாவே சொல்லவில்லையா? தாளின் மேலே தலைப்பும் போடவில்லை. அப்பா அதை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார், பிரித்துப் பார்க்கவில்லை.

இன்னொரு காரியமும் செய்தேன். அந்த முப்பத்தொன்றில் கடலுக்கடியில் இருக்கும் நகரத்தைப் பற்றிய கதை ஒன்று இருந்தது. பதியாத புத்தகம் நூலக வாசலைத் தாண்டக்கூடாது என்பது அப்பாவின் சட்டம். அதைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு அவர் பக்கத்திலேயே நடந்து, அலுவிகாரையில் இருந்த எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தேன்.

அடுத்த நாள் காலை அப்பா கொழும்பு பஸ் ஏறினார். அம்மா முற்றத்தில் உட்கார்ந்து, ஒரு வாசனைச் சரக்குத் தோட்டத்துக்காக மஞ்சள்தூளைப் பொட்டலம் போட்டுக்கொண்டிருந்தார். பதினொரு மணிக்குச் சித்தப்பாவின் ஆட்டோ வந்து நின்றது. அந்த நேரத்தில் அவர் வருகிறவர் அல்ல.

“அண்ணி, பதறாதீங்க. அண்ணனைப் பஸ்ஸுல இருந்து எறக்கிட்டாங்க.”

“எங்க?”

“டவுனைத் தாண்டி, செக் பொயின்ட்ல. கொண்டக்டர் பய வந்து சொன்னான். பாக்கெட்டுல ஏதோ லிஸ்டாம். ஆளுங்க ஐடி நம்பராம் அண்ணி, முப்பத்தொரு பேர். எல்லாம் எண்பத்தொண்ணுல பொறந்த பசங்களாம்.”

“யாரோட நம்பரு? இவருகிட்ட எப்புடி வந்துச்சி?”

“அதத்தான் கேக்குறாங்களாம். நாலு மணிக்கு வேன் வருமாம். அதுக்குள்ள வெளங்கலைன்னா கண்டிக்குக் கொண்டு போயிருவாங்களாம்.”

நம் நாட்டு அடையாள அட்டை எண் அந்தக் காலத்தில் ஒன்பது இலக்கமும் ஓர் எழுத்துமாக இருந்தது. முதல் இரண்டு இலக்கம் பிறந்த வருடம். கடைசி எழுத்து பெரும்பாலானோருக்கு வி, சிலருக்கு எக்ஸ். சண்டை மீண்டும் மூண்டிருந்த வருடம் அது. எண்பத்தொன்றில் பிறந்தவன் என்றால் இருபத்தைந்து, இருபத்தாறு வயது. பஸ்களில் முதலில் இறக்கப்படுகிற வயது. பெயர் இல்லை, ஊர் இல்லை, முப்பத்தொரு எண்கள், ஒரு தமிழ் ஆளின் சட்டைப் பையில்.

இதெல்லாம் அன்று எனக்குத் தெரியாது. ஆனால் முப்பத்தொன்று என்ற எண்ணிக்கை தெரியும். சொல்லாமலே இருந்துவிடலாமா என்று ஒரு கணம் நினைத்தேன்.

“அது ஆளுங்க இல்ல. புஸ்தகம். நான் எழுதினேன்.”

அம்மா என்னை அடிப்பார் என்று காத்திருந்தேன். அம்மா மஞ்சள் கையைச் சேலையில் துடைத்து, தகரப்பெட்டியிலிருந்து தன் அடையாள அட்டையை எடுத்து, அதைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார். “ஏறு,” என்றார்.

நூலகத்தின் தலைவி ஒரு சிங்களப் பெண்மணி. நாங்கள் எல்லோரும் அவரை மிஸ் என்போம். சொன்னதைக் கேட்டு முடிப்பதற்குள் எழுந்துவிட்டார். “புத்தகம் எல்லாம் எடுங்க பிள்ளை, எல்லாம்,” என்று எனக்குத் தெரிந்த தமிழை விட அவசரமான தமிழில் சொன்னார். ரோஸ் துண்டு தெரிந்த புத்தகங்களை இரண்டு உரப்பைகளில் நிரப்பினோம். எண்ணிக்கொண்டே போட்டேன். முப்பது. முப்பத்தோராவது ஆள் என் தலையணைக்கு அடியில் இருந்தார். மிஸ் பக்கத்தில் நின்றார். பத்து புத்தகம் காட்டினால் பொலிஸ் போதும் என்று சொல்லிவிடும் என்று என்னை நானே தேற்றிக்கொண்டு வாயை மூடிக்கொண்டேன்.

மணல் மூட்டைகளுக்குப் பின்னால் தகரக் கூரை. அதன் கீழே ஒரு மர வாங்கில் அப்பா உட்கார்ந்திருந்தார். சட்டைப் பை வெளியே இழுக்கப்பட்டு நாக்கு மாதிரித் தொங்கியது. அப்பா காலையிலிருந்து உண்மையைத்தான் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறார். புத்தகம் என்றால் பெயரைச் சொல் என்று பெரிய அதிகாரி ஓர் எண்ணின் மேல் விரல் வைத்துக் கேட்டிருக்கிறார். நான்கு அலுமாரியின் புத்தகங்களையும் பெயரால், முகத்தால் அறிந்திருந்த மனிதருக்கு ஓர் எண்ணைக்கூட அடையாளம் தெரியவில்லை. எழுதியது யார் என்று கேட்டதற்கு, தான்தான் என்று சொல்லியிருக்கிறார். அந்தப் பட்டியலின் குண்டு எழுத்து அவருடைய சாய்ந்த எழுத்தோடு எந்த விதத்திலும் ஒட்டாது.

அதிகாரி பெரியவர்கள் எல்லோருடைய அட்டைகளையும் வாங்கினார். அம்மாவின் அட்டையை மட்டும் திருப்பிக் கொடுக்காமல் என் பட்டியலின் பக்கத்தில் வைத்துக்கொண்டார். மிஸ் சிங்களத்தில் வேகமாகப் பேசினார். அதிகாரி கையைக் காட்டி நிறுத்திவிட்டு, புத்தகங்களை ஒவ்வொன்றாக எடுக்கச் சொன்னார். நான் பின்னட்டையைத் திருப்பிச் சிங்களத்தில் எண்ணை வாசிக்க, இளம் பொலிஸ்காரர் ஒருவர் பட்டியலில் தேடிச் சரி போட்டார். பத்து ஆயிற்று, போதும் என்று யாரும் சொல்லவில்லை. இருபது ஆயிற்று. சுவர்க் கடிகாரத்தில் இரண்டரை. முப்பதாவது புத்தகத்தைக் கீழே வைத்தேன். சாக்கு காலி.

“இன்னும் ஒருத்தன் இருக்கிறான்,” என்றார் இளையவர்.

அதிகாரி அந்த ஓர் எண்ணைச் சுற்றி வட்டம் போட்டார். முப்பது புத்தகங்களுக்கு நடுவில் ஓர் ஆளை ஒளித்து வைத்தால் நன்றாகத்தான் இருக்கும் என்றார். குரலில் கோபமே இல்லை, அதுதான் பயமாக இருந்தது. மிஸ் அப்பாவைப் பார்த்தார். அப்பாவின் நெற்றி வியர்த்திருந்தது, அவருக்கும் புரியவில்லை.

“அது வீட்டுல, என் தலையணைக்கு அடியில இருக்கு,” என்றேன். யார் முகத்தையும் பார்க்காமல் சிங்களத்திலும் சொன்னேன். “நான்தான் எடுத்தேன். பதியல. லிஸ்டும் நான்தான் எழுதினேன்.”

அப்பா கண்ணை மூடிக்கொண்டார்.

“தலையணைக்கு அடியிலயா? நல்ல எடம்டி,” என்று முணுமுணுத்துக்கொண்டே சித்தப்பா ஆட்டோவை நோக்கி ஓடினார். அலுவிகாரைக்குப் போய்த் திரும்ப அவருக்கு நாற்பது நிமிடம் பிடித்தது. அந்த நாற்பது நிமிடமும் நான் கடிகாரத்தையும் கண்டி வீதியையும் மாறி மாறிப் பார்த்தேன். எந்த வேன் வந்தாலும் அதுதான் என்று தோன்றியது.

காத்திருந்த நேரத்தில் அதிகாரி என்னைக் கூப்பிட்டார். எல்லாப் புத்தகத்துக்கும் கடைசியில் இந்த எழுத்து ஏன் என்று கேட்டார். கேட்டது எனக்குத் தெரிந்த விஷயம். பயம் எங்கேயோ போய்விட்டது. கணக்கை முதலிலிருந்து சொன்னேன், அவருடைய பேனாவையே வாங்கிப் பெருக்கிக் காட்டினேன். “எக்ஸ் என்றால் பத்து, சேர். உட்கார இடமில்லாததால் அப்படி எழுதுகிறார்கள்.”

அவர் அம்மாவின் அட்டையைத் தூக்கிப் பார்த்தார். “அப்படியென்றால் உன் அம்மாவும் பத்தா?”

நான் எட்டிப் பார்த்தேன். அம்மாவின் எண்ணும் எக்ஸில்தான் முடிந்தது.

“ஆமாம், சேர்!”

எல்லோரும் சிரித்தார்கள். இளைய பொலிஸ்காரர் சத்தமாகவே சிரித்தார். அம்மாவும் தரையைப் பார்த்துச் சிரித்தார். அப்பா மட்டும் சிரிக்கவில்லை.

மூன்றரைக்குச் சற்று முன் சித்தப்பா புத்தகத்தோடு வந்தார். கடைசிச் சரி விழுந்தது. முப்பத்தொரு பேரையும் பிடித்தாகிவிட்டது என்று அதிகாரி சிங்களத்தில் சொல்லி, பட்டியலை அப்பாவிடமே கொடுத்தார். அடுத்த முறை பெயரையும் எழுதச் சொன்னார். அப்பா அதை ஏற்கெனவே ஒருமுறை சொல்லியிருந்தார்.

புத்தகத்தைத் திருடியதற்கு எனக்குத் திட்டு விழவில்லை. வீட்டுக்கு வரும் வழியில் அப்பா அதை என் மடியில் வைத்து, “படிச்சி முடிச்சிட்டியா?” என்று மட்டும் கேட்டார். அன்றே பட்டியலைத் திரும்ப எழுதினேன். மேலே மூன்று மொழியிலும் ‘புத்தகங்கள்’ என்று எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டேன்.

வீட்டிலிருந்த மற்ற அட்டைகளையும் எடுத்துப் பார்த்தேன். அப்பாவுக்கு வி. சித்தப்பாவுக்கும் வி. அம்மா ஒருவருக்குத்தான் பத்து. இதைப் பள்ளிக்கூடத்தில் இரண்டு மூன்று பேரிடம் பெருமையாகச் சொன்னேன்.

வி என்றால் வாக்குரிமை உள்ளவர் என்பதும், எக்ஸ் என்றால் என்ன என்பதும், அம்மா பிறந்த தேயிலைத் தோட்டத்தில் பிரஜாவுரிமைக்காக எழுதிக் கொடுத்த மனுக்கள் எந்தெந்த அலுவலகத்தில் கிடந்தன என்பதும் எனக்குத் தெரிய வெகுகாலம் ஆயிற்று. அதற்கு முன்பு ஒரு தேர்தல் வந்தது. அப்பாவும் சித்தப்பாவும் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு காலையிலேயே கிளம்பினார்கள். அம்மா வாசலில் உட்கார்ந்து பொட்டலம் மடித்துக்கொண்டிருந்தார்.

“நீங்க போகலயாம்மா?”

“வேலை கெடக்குல்ல.”

திரும்பி வந்த இருவரும் சுண்டுவிரல் மையை எனக்குக் காட்டினார்கள். நான் அம்மாவின் விரலை இழுத்துப் பார்த்தேன். மஞ்சள்தான் இருந்தது. எல்லோருக்கும் லீவு கிடைத்த நாளில், வீட்டிலேயே பத்து வாங்கிய ஒருவருக்கு மட்டும் ஏன் வேலை என்று அம்மாவுக்காக அன்று கொஞ்சம் வருத்தப்பட்டேன். அவ்வளவுதான் வருத்தப்பட்டேன்.