முன் அறைத் தடுப்பாட்டக்காரர்

அந்தப் புதன்கிழமை பின்னேரம் எங்கள் வீட்டு ஹோலில் அம்மா இருந்தா, நான் இருந்தேன், ஐஸ் ஹொக்கி அணியின் கோச் இருந்தார். அப்பா இல்லை, அவர் ஐஸ் அரங்கில் தளத்தை மினுக்குகிற மெஷின் ஓட்டிக்கொண்டிருந்தார். தங்கச்சியை இருந்தவள் என்று சொல்ல முடியாது. சோபாவுக்குப் பின்னால் பொம்மையோடு நித்திரையாகிவிட்டாள். யாரைப் பற்றிக் கதைக்கக் கோச் வந்தாரோ அவரும் இல்லை. பள்ளிக்கூடமொன்றில் பிள்ளைகளுக்கு விளையாட்டைக் காட்டப் போயிருந்தார். அவர் இல்லாத நேரம் பார்த்துத்தான் கோச் வந்தார் என்பது பத்து வயதிலேயே எனக்கு விளங்கியது. விளங்காமல் போனது வேறொன்று.

கோச் கதைக்க வந்தது ஒரு கனடாக்காரரைப் பற்றி. ஐஸ் ஹொக்கிதான் அவருடைய தொழில். அங்கே குளிர்காலம் முடிந்து அணிகள் கலையும்போது இங்கே, ஒக்லாந்தில், குளிர்காலம் தொடங்கும். அடுத்த ஒப்பந்தம் கிடைக்காத சிலர் அந்த இடைவெளியில் இங்கே வந்து ஆடுவார்கள். கிளப் விமானச் சீட்டும், ஒரு வீட்டில் தங்கிச் சாப்பிடப் போடிங் காசும் கொடுக்கும். அப்பா அரங்கில் வேலை செய்ததால் அந்த முறை போடிங் எங்களுக்கு வந்தது. கிழமைக்கு இருநூற்று இருபது டொலர், அவர் ஆடுகிற கிழமைகளுக்கு மட்டும். அதற்காக நானும் தங்கச்சியும் முன் அறையைக் காலி செய்து ஹோலில் மெத்தை போட்டுக்கொண்டோம். ஏவன்டேலில் ரயில் தண்டவாளத்துக்குப் பக்கத்து வீடு அது. ரயில் போகும்போது அலமாரிக் கோப்பைகள் கதைக்கும்.

கனடா என்று கேட்டதுமே அம்மாவின் முகம் மலர்ந்துவிட்டது.

"ஸ்காபரோவிலை என்ரை அக்கா இருக்கிறா, தெரியுமோ எண்டு கேள் மகன்."

கேட்டேன். அவர் சிரிக்காமல் யோசித்துவிட்டு, தன் ஊர் அங்கிருந்து ஒரு நாள் ஓட்டம், ஆனாலும் அடுத்த முறை தேடிப் பார்க்கிறேன் என்றார். அன்றிலிருந்து அம்மாவுக்கு அவர் 'தம்பி'. எங்களுக்கு அண்ணா.

அண்ணா தடுப்பாட்டக்காரர். அதை வீட்டில் விளங்கப்படுத்தவே எனக்கு ஒரு பின்னேரம் போனது.

"கோல் போடுறவர் இல்லை அம்மா. மற்றவையைப் போட விடாமல் மறிக்கிறவர்."

"அப்ப காவல்காரன் வேலை."

"காவல்காரனுக்கு ஏனப்பா முன்பல்லு ரெண்டும் இல்லை?" என்றார் அப்பா.

அந்தப் பல்லுக்காகத்தான் தங்கச்சி அவரைச் சுற்றிச் சுற்றி வந்தாள். சாப்பிட முன் பொய்ப்பற்களைக் கழற்றி எங்கள் எவர்சில்வர் டம்ளருக்குள் போடுவார். எங்கள் மன்னாரில் ஐஸ் என்றால் மீன் பெட்டிக்குள் போடுவது. காசு கொடுத்து அரங்குக்கு வந்து அதன்மேல் விழுந்தெழும்புகிற சனத்தை அப்பா கடைசிவரை இரக்கத்தோடுதான் பார்த்தார்.

அண்ணாவின் பெரிய பையில், ஆடிய ஒவ்வொரு அணிக்கும் ஒன்றாகப் பெயர்ச் சீட்டுகள் தொங்கின. எட்டு வருடத்தில் பதினொரு அணி. ஒவ்வொன்றாகத் தொட்டுச் சொல்லுவார்: இங்கே மூக்கு, இங்கே பல்லு, இங்கே சின்னவிரல். சிலவற்றில் பேருந்தில் பன்னிரண்டு மணித்தியாலம் போய், ஆடிவிட்டு, அதே பேருந்தில் திரும்பி வருவார்களாம். ஒரு சீட்டைத் தொட்டபோது மட்டும், "இங்கே ஒரு கோல்" என்றார். எதிர் அணி அடிக்கிற கறுப்பு ரப்பர் வட்டுக்குக் குறுக்கே உடம்பைப் போடுவதுதான் வேலை. அதை யாரும் எழுதி வைப்பதில்லை என்றார். ஜெர்மனியில் ஒரு இரண்டாம் தர அணி இப்போது அவரைக் கவனித்துக்கொண்டிருந்தது. இங்கே பருவம் முழுவதையும் காயமில்லாமல் ஆடி முடித்தால் ஒப்பந்தம். இல்லாவிட்டால் பன்னிரண்டாவது சீட்டு இல்லை.

நான் யார் என்பதையும் சொல்ல வேண்டும். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை ஒழுங்காகக் கண்டவன் நான்தான். அப்பா ஐந்தாம் வகுப்போடு வள்ளத்துக்குப் போனவர். அம்மாவின் எட்டாம் வகுப்பு இடம்பெயர்வோடு போனது. ஆகவே ஏழு வயதிலிருந்து வங்கி, டொக்டர், வீட்டு ஏஜென்ட் எல்லாம் என் வாயால்தான். "அம்மா சொல்லுறா" என்று தொடங்கி ஆங்கிலத்தில் சொல்லுவேன். அம்மா ஏஜென்டைத் திட்டினால், அம்மா அன்போடு கேட்கிறா என்று சொல்லுவேன். குழாய் திருத்த ஆள் வருவான். அப்படிக் கொஞ்சம் சீவிச் சொல்வதைப் பொய் என்று நான் நினைத்ததே இல்லை. அது வேலையின் ஒரு பகுதி.

கோச் வருவதற்கு முந்திய ஞாயிறு ஆட்டத்தில் ஒருவன் அண்ணாவை அரங்கின் ஓரப் பலகையோடு சேர்த்து இடித்தான். எழுந்து ஆடி முடித்தார். திங்கட்கிழமை காலமை குளியலறையில் அவர் ஓங்காளித்துச் சத்தி எடுக்கிற சத்தம் கேட்டது. பின்னேரம் வாடகை கிழமைக்கு நாற்பது டொலர் கூடுகிறது என்ற கடிதத்தை அப்பாவுக்கும் அம்மாவுக்கும் நான் வாசித்துக் காட்டினேன். அப்பா கடிதத்தை வாங்கித் திருப்பிப் பார்த்தார், பின்பக்கத்தில் வேறு ஏதாவது இருக்குமோ என்று.

செவ்வாய்க்கிழமை அண்ணா ஜன்னலுக்குக் குறுக்கே துவாயைக் கட்டிவிட்டுக் கிடந்தார். தங்கச்சியின் பெயர் அவருக்கு வரவில்லை. தேத்தண்ணிக்குள் உப்பைப் போட்டு, முகம் சுளிக்காமல் குடித்தார். நான் கதவருகே நின்றதைக் கண்டு கூப்பிட்டார்.

"சனிக்கிழமையோடு பருவம் முடிகிறது. ஜெர்மனியிலிருந்து அதைப் பார்ப்பார்கள். ஒருவருக்கும் சொல்லாதே. சொன்னால் நான் முடிந்தேன்."

கையை நீட்டினார். வளைந்த சின்னவிரலோடு அந்தக் கையைப் பிடித்துச் சத்தியம் செய்தேன். பெரியவர் ஒருவர் என்னிடம் மன்றாடியது அதுதான் முதல் தரம்.

இனிப் புதன்கிழமை. கோச் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு கேட்டார்: அவருக்குத் தலையிடி இருக்கிறதா, சத்தி எடுக்கிறாரா, வெளிச்சம் கூசுகிறதா? அவரைக் கேட்டால் ஒன்றுமில்லை என்கிறார். வீட்டில் இருக்கிறவர்களுக்குத்தான் தெரியும்.

நான் தமிழில் சொன்னேன். அம்மா கதிரை நுனிக்கு வந்தா.

"சொல்லு மகன். ரெண்டு நாளாச் சத்தி. வெளிச்சத்தைப் பாக்கேலாமல் கிடக்கிறார். இவரை உடனை டொக்டரிட்டைக் கொண்டு போகச் சொல்லு. விளையாட விட வேண்டாம் எண்டு சொல்லு."

வளைந்த சின்னவிரல் என் உள்ளங்கையில் இன்னும் இருப்பது போலிருந்தது.

"அம்மா சொல்லுறா," என்று ஆங்கிலத்தில் தொடங்கினேன். "அவர் நல்லாச் சாப்பிடுறார், நல்லா நித்திரை கொள்ளுறார். கொஞ்சம் களைப்பு மட்டும்தான். டொக்டர் தேவையில்லை."

கோச் என்னை விட்டு அம்மாவையே பார்த்தார். மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகக் கேட்டார்: "அவர் ஓகேயா?"

அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தா. ஒரு ரயில் வந்தது; கோப்பைகள் ஆடின; ரயில் போய் முடிந்தது. அவ இன்னும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தா. பிறகு அலமாரிக்கு மேல் வைத்திருந்த வாடகைக் கடிதத்தை ஒருதரம் பார்த்தா.

"ஓகே," என்றா. "ஓகே, ஓகே." தேத்தண்ணி போட எழும்பிக் குசினிக்குள் போனா.

ஓகே, தேங்க்யூ, சொறி, நோ புரொப்ளம். அம்மாவின் ஆங்கிலம் அவ்வளவுதான் என்பது என் கணக்கு. கோச் கேட்டது விளங்காமல் தலையாட்டிவிட்டா என்று நினைத்தேன். தப்பினேன் என்றுகூட நினைத்தேன்.

மிச்ச நாட்கள் போகவே இல்லை. அம்மா அவருக்குக் கஞ்சி வைத்தா, நெற்றியில் கை வைத்துப் பார்த்தா. "விளையாடாதையும் தம்பி" என்று அவரிடமே தமிழில் சொன்னா. அவர் தமிழ் விளங்காமல் நன்றி சொன்னார். என்னை ஒன்றையும் மொழிபெயர்க்கச் சொல்லவில்லை. அதைத்தான் நான் கவனிக்காமல் விட்டேன்.

சனிக்கிழமை நாங்கள் எல்லோரும் குளிர்ச்சட்டை போட்டுக்கொண்டு அரங்குக்குப் போனோம். அப்பா மெஷினை ஓட்டி ஐஸைக் கண்ணாடி போல மினுக்கிவிட்டு ஓரத்தில் நின்றார். அண்ணா முதல் இரண்டு பகுதியும் நன்றாக ஆடினார். வட்டுக்குக் குறுக்கே விழுந்து மறித்தபோது நான் எழும்பிக் கத்தினேன். அம்மா கையில் செபமாலையைச் சுற்றி வைத்திருந்தா; அதை உருட்டியதாகத் தெரியவில்லை.

மூன்றாவது பகுதியில் ஒரு இடி. முன்னையதை விடச் சின்னது. அவர் ஒரு முழங்காலில் இறங்கி, எழும்பி, தடியை எடுத்துக்கொண்டு, மெதுவாகச் சறுக்கிப் போய் எதிர் அணியின் பெஞ்சில் ஏறி உட்கார்ந்தார். அவர்களுக்கு நடுவில், தன் வீட்டில் இருப்பது போல.

சனம் சிரித்தது. பகிடி விடுகிறார் என்று நினைத்தார்கள். நானும் சிரித்தேன். தங்கச்சி கை தட்டினாள். அம்மா மட்டும் எழும்பிவிட்டா. எதிர் அணிக்காரன் ஒருவன் அவருடைய முகத்தைக் குனிந்து பார்த்துவிட்டுக் கையை உயர்த்தி ஆட்களைக் கூப்பிட்டபோதுதான் சிரிப்பு நின்றது.

ஆஸ்பத்திரியில் சொன்னதை இந்த முறை நான் மொழிபெயர்க்கவில்லை. ஒருவரும் என்னைக் கேட்கவில்லை. இனி ஆடக் கூடாது, அவ்வளவுதான். ஜெர்மனியிலிருந்து பிறகு ஒரு அழைப்பும் வரவில்லை. பருவம் முடிந்துவிட்டதால் போடிங் காசும் நின்றது. ஆனாலும் பறக்கலாம் என்று டொக்டர் சொல்லும்வரை, மூன்று கிழமை, துவாய் கட்டிய முன் அறையில் அவர் இருந்தார். அம்மா மூன்று நேரமும் சாப்பாட்டைக் கதவடியில் வைத்தா. கோச் வந்து ஏதாவது கேட்பார் என்று நான் ஒவ்வொரு கார்ச் சத்தத்துக்கும் ஒளிந்தேன். அவர் வந்தார், அழுதார், என்னிடம் ஒன்றுமே கேட்கவில்லை.

போகிற நாள் அண்ணா பையைத் தோளில் போட்டுக்கொண்டு எனக்குக் கை தந்தார். "நீ சொன்ன சொல்லைக் காப்பாற்றினாய்" என்றார். அன்றைக்கு எனக்குப் பெருமையாக இருந்தது.

இரண்டு வருடம் கழித்து, பள்ளிக்கூட விடுமுறையில், அம்மா வேலை செய்த முதியோர் இல்லத்துக்கு அவ மறந்துவிட்டுப் போன சாப்பாட்டுப் பெட்டியைக் கொண்டுபோனேன். ஒரு கிழவர் விழுந்திருந்தார். அம்மா தொலைபேசியில் தாதியிடம் சொல்லிக்கொண்டிருந்தா. ஆங்கிலத்தில்தான். உடைந்த ஆங்கிலம், ஆனால் ஒன்றும் தப்பவில்லை: விழுந்தார், தலையில் அடி, இரண்டு தரம் சத்தி, வெளிச்சம் கூசுகிறது, டொக்டர் இப்பவே வேணும். யார் விழுந்தாலும் அப்படிச் சொல்ல வேண்டும் என்பது அங்கே சட்டம். நாங்கள் ஏவன்டேலுக்கு வந்த காலத்திலிருந்தே அம்மா அங்கேதான் வேலை.

நடைபாதையில் சாப்பாட்டுப் பெட்டியோடு நின்றேன். புதன்கிழமை கோச் கேட்டதும் நான் சொன்னதும், ஒவ்வொரு சொல்லும் அவவுக்கு விளங்கியிருந்தது. அந்த ரயில் போய் முடியும்வரை அவ என் பொய்யையும் நாற்பது டொலரையும் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறா. நான் கண்டுகொண்டதை அவவிடம் இன்றுவரை சொல்லவில்லை. அவவும் கேட்கவில்லை.

அப்போதுதான் ஒரு கடித உறை நினைவுக்கு வந்தது. அண்ணா போவதற்கு முதல் நாள் அம்மா தான் மாதாமாதம் கட்டிவந்த சீட்டை, முறை வருமுன்னமே கழிவு கூறி எடுத்தா. மூவாயிரத்து ஐந்நூறு டொலர்ச் சீட்டு. நானூற்று இருபது டொலர் கழிவு. அப்பாவுக்குக் கார் வாங்க வைத்திருந்தது அது. குசினி மேசையில் காசை எண்ணி, அண்ணாவுக்கென்று உறைக்குள் வைத்தா. கொடுக்கிற காசில் ஒன்று கூட்டி வைப்பதுதானே எங்கள் வழக்கம், கலியாணம் என்றாலும் பிறந்தநாள் என்றாலும். நான் ஓடிப்போய் என் உண்டியலிலிருந்து ஒரு டொலர் நாணயத்தைக் கொண்டுவந்து நீட்டினேன்.

"அம்மா, ஒண்டு வைக்க மறந்திட்டியள்."

அம்மா என் கையை மெதுவாக மூடிவிட்டா.

"வேண்டாம் மகன். இது அன்பளிப்பு இல்லை."

பதினான்கு கிழமைப் போடிங் காசு. மூவாயிரத்து எண்பது டொலர்.