கடைசி சீட்டில் ஒரு மொட்டை

போன வெள்ளிக்கிழமை காலை, என் கணவரைத் திருத்தணி மலை மேலேயே விட்டுவிட்டுக் கிளம்பி வந்துவிட்டேன்.

வேண்டுமென்றே இல்லை... சத்தியமாக இல்லை! இந்தப் பத்தியை வாராவாரம் படிக்கிறவர்கள் லேசில் நம்பமாட்டீர்கள் என்று தெரியும். அவருடைய குறட்டையைப் பற்றியும், பால் பாக்கெட்டைப் பல்லால் கடித்துத் திறக்கிற பழக்கத்தைப் பற்றியும் இங்கே எத்தனை முறை புலம்பியிருக்கிறேன்! ஆனாலும் சொல்கிறேன், இது தெரியாமல் நடந்தது.

சென்னையிலிருந்து கிளம்பும் ஒரு நாள் சரித்திரச் சுற்றுலா அது. காலையில் திருத்தணி முருகன் தரிசனம். அப்புறம் திருவாலங்காடு. மதியம் எல்லை தாண்டி ஆந்திரப் பக்கம் ஒரு விஜயநகரக் கோயில். மாலையில் மறுபடி திருத்தணிக்கு வந்து, மலையடிவாரத்தில் இருக்கும் பல்லவர் காலத்துக் கற்கோயில். வெள்ளை வேன், ஏசி, மைக் பிடித்த கைடு. எனக்குப் பழைய கோயில்கள் என்றால் உயிர். போன வருஷம் முட்டி ஆபரேஷன் ஆகி, போன மாதம் வரைக்கும் கம்பு ஊன்றி நடந்ததில் எங்கேயும் போகவில்லை. அதனால் நான்தான் டிக்கெட் போட்டேன்.

கைடு பெயர் தேவராஜன். ஐம்பது வயது, தலையில் தொப்பி, கழுத்தில் விசில். பள்ளிக்கூடத்து டிரில் மாஸ்டர்களை நினைவுபடுத்துகிற மனிதர். வேன் கிளம்பும்போதே சட்டதிட்டம் சொல்லிவிட்டார்.

"வந்திருக்கறது எட்டு ஜோடி. மொத்தம் பதினாறு தலை. தலையை எண்றது என் வேலை. எண்ற தலை உங்க ஜோடியோடதுதானான்னு பார்த்துக்கறது உங்க வேலை. விசில் அடிச்சா அஞ்சு நிமிஷத்துல வண்டியில இருக்கணும்."

எவ்வளவு அருமையான ஏற்பாடு! இதில் தப்பு வருமா?

வந்தது. திருத்தணியாயிற்றே... மொட்டை போடுகிற ஊர்.

மலை ஏறியதும் என் கணவர் மெதுவாகச் சொன்னார். "நான் போய் முடி கொடுத்துட்டு வந்துடறேன்."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதினைந்து நாளைக்கு ஒரு தரம் கண்ணாடி முன்னால் நின்று, முக்கால் மணி நேரம் டை அடித்துக் காப்பாற்றிய முடி அது! "எதுக்குங்க திடீர்னு? என்ன வேண்டுதல்?" என்றேன்.

"சும்மாதான்."

சும்மா யாராவது மொட்டை போடுவார்களா? எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. செல்போன், பர்ஸ், சட்டை எல்லாவற்றையும் என்னிடம் கொடுத்துவிட்டுப் போனார். போனை வாங்கி சைலன்ட்டில் போட்டுப் பைக்குள் திணித்தேன். தரிசனம் முடித்து, இட்லி சாப்பிட்டுவிட்டு வேனில் வந்து உட்கார்ந்துவிட்டேன். வயிற்றைப் புரட்டும் என்பதால் எனக்கு எப்போதும் முன் சீட். அவருக்குக் காலை நீட்டிப் படுக்கக் கடைசி சீட்.

ஒன்பதே காலுக்கு விசில் ஊதினார் தேவராஜன். எல்லோரும் ஏறினார்கள். "மேடம், உங்க ஜோடி?"

திரும்பிப் பார்த்தேன். கடைசி சீட்டில் ஒரு மொட்டை. சந்தனம் பளபளவென்று பூசியிருந்தது. துண்டை முகத்தில் போட்டுக்கொண்டு படுத்திருந்தது. குறட்டை வேறு!

"வந்துட்டார்," என்றேன். கோபத்தில் எழுந்துபோய்ப் பார்க்கக்கூட இல்லை. தேவராஜன் எண்ணினார். பதினாறு தலை, கச்சிதமாக. வண்டி மலையிறங்கியது.

அரை மணி நேரத்தில் திருவாலங்காடு வந்தது. எல்லோரும் இறங்கினார்கள். கடைசி சீட் மட்டும் அசையவில்லை. நான் போய்த் தோளைப் பிடித்து உலுக்கினேன். "ஏங்க... போதும் தூங்கினது, எழுந்திருங்க!"

துண்டு விலகியது. முப்பத்தைந்து வயதில், கட்டை மீசையோடு யாரோ ஒருவர்!

நான் போட்ட கூச்சலில் டிரைவர் ஓடி வந்தார். அந்த மனிதர் என்னைவிட அதிகமாக மிரண்டுபோய் எழுந்து உட்கார்ந்தார்.

"யாரும்மா நீங்க? இது எங்க வண்டி இல்லியா? அய்யய்யோ... எங்க கீறோம் இப்ப?"

"திருவாலங்காடு."

"ஆலங்காடா! மணி இன்னா?"

"ஒன்பதே முக்கால்."

அப்படியே தலையில் கை வைத்துக்கொண்டார். கையெல்லாம் சந்தனம்.

பெயர் முனிரத்தினம். ஆர்.கே.பேட்டையில் பவர்லூம் ஓட்டுகிறவர். அன்று மலையில் அவருடைய அக்கா மகளுக்குக் காது குத்து. இவர்தான் தாய்மாமன். இரவெல்லாம் தறி ஓட்டிவிட்டு நேரே மலைக்கு வந்து மொட்டை போட்டிருக்கிறார். காது குத்தும் ஆசாரி வர அரை மணி ஆகும் என்றார்களாம். அதுவரைக்கும் வேனில் போய்க் கொஞ்சம் கண்ணை மூடலாமே என்று வந்திருக்கிறார். அவர்கள் வந்ததும் வெள்ளை வேன். அங்கே நின்றதில் முக்கால்வாசி வெள்ளை வேன்.

"பத்தரைக்கு ராவு காலம்மா. அதுக்குள்ள கொழந்தைய என் மடியில குந்தவெச்சிக் குத்தணும்."

"போன் பண்ணிச் சொல்லிடுங்களேன், தேடுவாங்க," என்றேன்.

"போனு சட்டையில கீது, சட்ட அக்காகிட்ட கீது. சார்ஜும் ராத்திரியே பூட்ச்சி. வேற யார் நம்பரு மனப்பாடமா தெரியும்?" என்றவர் கொஞ்சம் நிறுத்தினார். "தேடவும் மாட்டாங்கம்மா. அதான் விசயமே. கோவிச்சிகினு பூட்டான்னு நெனச்சிக்குவாங்க."

"ஏன் அப்படி நினைக்கணும்?"

"போன தபா அப்பிடித்தான் போனேன். நாலு வருசம் ஆவுது. மூத்த பொண்ணுக்கு இதே மலையில காது குத்தும்போது, மாலைய மொதல்ல எனக்குப் போடாம பாவா அவங்க அண்ணனுக்குப் போட்டுட்டாரு. நான் துண்ட ஒதறித் தோள்ல போட்டுகினு எறங்கிப் பூட்டேன். அக்கா அழுதுகினே பின்னால ஓடியாந்துச்சி. திரும்பிக்கூடப் பாக்கல நானு. அன்னிலேர்ந்து பேச்சுவார்த்த இல்ல. இந்தப் பொங்கலுக்குத்தான் பாவாவே எங்க வூட்டுப் படி ஏறி வந்து கூப்ட்டாரு. இன்னிக்கும் நான் இல்லன்னா... எங்க அக்கா..."

துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டார். பாவா என்றால் அக்கா புருஷன். எல்லைப் பக்கத்தில் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள்.

தேவராஜன் கையிலிருந்த அட்டவணையைப் பார்த்தார். கடிகாரத்தைப் பார்த்தார். சங்கடப்பட்டார். "இப்ப திரும்பிப் போனா ஆந்திரா கோயில் நடை சாத்திடுவாங்க மேடம். இவரை ஏதாவது ஆட்டோவில அனுப்பிடலாம். உங்க சாரைச் சாயங்காலம் திருத்தணி வரும்போது ஏத்திக்கலாமே?"

ஒரு விநாடி... ஒரே ஒரு விநாடி, அதுவும் நல்ல யோசனைதான் என்று எனக்குத் தோன்றியதை இங்கே ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் ஆட்டோ எங்கே? தெருவில் ஒன்றுகூட இல்லை. பஸ்ஸுக்கு இன்னும் முக்கால் மணி நேரம் ஆகும் என்றார் பூக்கடைப் பெண்.

எங்கள் குழுவில் ஒரு ரிட்டயர்ட் என்ஜினியர் இருந்தார். கழுத்தில் பெரிய கேமரா, கையில் கல்வெட்டுக் குறிப்புகள் எழுதிய நோட்டு. ஆந்திரா கோயிலைப் பார்க்கவே வருகிறேன் என்று வழியெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தவர். நிச்சயம் சண்டைக்கு வருவார் என்று நினைத்தேன். அவர் நோட்டை மூடிப் பைக்குள் வைத்துவிட்டு, முதல் ஆளாக வேனில் ஏறி உட்கார்ந்தார்.

"என்ன சார் பார்த்துக்கிட்டு நிக்கறீங்க? வண்டியைத் திருப்பச் சொல்லுங்க. எனக்கும் நாலு அக்கா."

திருப்பினோம். பத்து நிமிஷம் வண்டி பறந்தது. அப்புறம் ரயில்வே கேட்! மூடியிருந்தது. வந்ததாவது பாசஞ்சர் வண்டியா? கூட்ஸ்! பெட்டி பெட்டியாக, சாவகாசமாக, முடிவே இல்லாமல் போய்க்கொண்டிருந்தது. முனிரத்தினம் கதவைத் திறந்து இறங்கி ஓடவே பார்த்தார். இரண்டு பேர் பிடித்து உட்கார வைத்தார்கள். தேவராஜன் பழக்க தோஷத்தில் ரயிலைப் பார்த்து விசில் அடித்தார். யாருக்கும் சிரிப்பு வரவில்லை. எல்லோரும் கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

நான் மட்டும் மனசுக்குள் என்னையே திட்டிக்கொண்டிருந்தேன். எழுந்துபோய் ஒரு பார்வை பார்த்திருந்தால்? இந்த மனிதர் நான்கு வருஷம் கழித்து அக்காவோடு சேர்கிற நாளை, என் வீண் கோபம் கெடுத்துவிட்டதே!

மலையேறி வண்டி நின்றபோது பத்து இருபது. முனிரத்தினம் முன்னால் ஓட, தேவராஜன் பின்னால் ஓட, பதினைந்து பேரும் அவர்கள் பின்னால் போனோம். புது முட்டியோடு நானும் ஓடினேன் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

மண்டபத்தில் பாய் விரித்திருந்தது. ஆசாரி ஊசியோடு தயாராக இருந்தார். சுற்றிலும் உறவுக்காரர்கள். பட்டுப் பாவாடை கட்டிய குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, கண் வீங்கி நின்றிருந்தார் ஒரு பெண். முனிரத்தினத்தின் அக்கா கஸ்தூரி. கையில் மாலையோடு, கடுகடுவென்ற முகத்தோடு நின்றவர்தான் பாவாவாக இருக்க வேண்டும். அவருக்கும் பாய்க்கும் நடுவில், கையில் பஞ்சாமிர்த டப்பாவோடு, சந்தனம் பூசிய இன்னொரு மொட்டை...

என் கணவர்!

வீட்டில் ஒரு நாளைக்கு நான்கு வார்த்தை பேசுகிற மனிதர், கையை ஆட்டி ஆட்டிப் பேசிக்கொண்டிருந்தார். "இன்னும் பத்து நிமிஷம் இருக்கே சார். வேற யாரையும் உட்கார வைக்காதீங்க. வந்துடுவாங்க, சொன்னா கேளுங்க!"

அப்போதுதான் கஸ்தூரி எங்களைப் பார்த்தார். "முனீ!" என்று ஒரு சத்தம். மண்டபமே திரும்பியது.

முனிரத்தினம் பாவாவின் முன்னால் போய், "வண்டி மாறி ஏறித் தூங்கிட்டேன் பாவா," என்று தலை குனிந்து நின்றார். பாவா அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"ஏண்டா, தூங்கப் போறவன் யார்கிட்டயாச்சும் சொல்லிட்டுப் போவக் கூடாதா?"

சொல்லிவிட்டு மாலையைத் தூக்கி அவர் கழுத்தில் போட்டார். எல்லோர் காதிலும் விழட்டும் என்று உரக்கச் சொன்னார். "மொதல் மாலை ஒனக்குத்தாண்டா."

குழந்தை மாமன் மடியில் உட்கார்ந்தது. ஆசாரி ஊசியை எடுத்தார். குழந்தை வீறிட்டு அழுதது. அதைவிட அதிகமாக அழுதவர் மாமன்தான். கஸ்தூரி இரண்டு பேர் கண்ணையும் ஒரே முந்தானையால் துடைத்துவிட்டார். எங்கள் என்ஜினியர் விடாமல் படம் எடுத்துத் தள்ளினார். நானும்தான் அழுதேன், மறைப்பானேன்?

நடந்தது என்னவென்றால், என் கணவர் முடி எடுக்க வைத்திருந்த பணத்தில் மிச்சத்தோடு பஞ்சாமிர்தம் வாங்க வரிசையில் நின்றிருக்கிறார். எனக்குப் பிடிக்குமே என்று! திரும்பி வந்தால் வேன் இல்லை. திகைத்து நின்றவரைப் பின்னாலிருந்து பாவா வந்து பிடித்துக்கொண்டு, "டேய் முனி, எங்கடா போன?" என்று உலுக்கியிருக்கிறார். ஆக, மொட்டையைப் பார்த்து ஏமாந்தது நான் மட்டும் இல்லை. இங்கே ஒருவர் குறைகிறார், அங்கே வேன் கிளம்பிவிட்டது... என்ன நடந்திருக்கும் என்று இவர் ஊகித்துவிட்டார்.

யாரிடமோ போன் வாங்கி அடித்துப் பார்த்தாராம். என் நம்பர் அவருக்கு மனப்பாடமில்லை. அவர் போனில் என் பெயரே 'வீடு' என்றுதான் இருக்கும். அதனால் தன்னுடைய நம்பருக்கே அடித்திருக்கிறார். பையைத் திறந்து பார்த்தேன். பதினோரு மிஸ்டு கால்!

கஸ்தூரி என் கையைப் பிடித்துக்கொண்டார். "அக்கா, முட்டி இப்ப பரவால்லீங்களா?"

எனக்குப் புரியவில்லை. "என் முட்டியா? உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"சார்தான் சொன்னாரு. நீங்க கம்பு இல்லாம நடக்கணும்னு வேண்டிகினுதான் மொட்ட போட்டாராமே! 'உங்க தம்பி எங்க போயிருந்தாலும் கூட்டியாந்துடுவா, எம் பொண்டாட்டி வண்டியத் திருப்பாம வுடமாட்டா'ன்னு ஒரே சாதிப்பு. அவரு பேச்ச நம்பித்தான் எங்க வூட்டுக்காரரு காத்துகினு இருந்தாரு."

எனக்காகக் கொடுத்த முடி. எனக்காகப் போட்ட மொட்டை. அதைத்தான் நான் அடையாளம் தெரியாமல் விட்டுவிட்டு வந்திருக்கிறேன்!

தனியாகக் கூப்பிட்டுக் கேட்டேன். "எங்கிட்ட ஏங்க சொல்லலை?"

"சொன்னா, 'டை அடிச்ச முடியை வெச்சு முருகன் என்ன பண்ணுவார்'னு கேப்பே."

கேட்டிருப்பேன். நிச்சயமாகக் கேட்டிருப்பேன்.

பதினாறு பேரையும் சாப்பிடாமல் விடமாட்டேன் என்று பாவா பிடிவாதம் பிடித்தார். வடை பாயசத்தோடு சாப்பாடு. முனிரத்தினம் மாலையைக் கழற்றாமலே எங்கள் இலைக்கெல்லாம் சாம்பார் ஊற்றினார். திருவாலங்காட்டில் வாசலை மட்டும் பார்த்தோம், ஆந்திரப் பக்கம் போகவே இல்லை. ஒருவரும் முணுமுணுக்கவில்லை.

சாயங்காலம் பல்லவர் கோயிலை மட்டும் நிதானமாகப் பார்த்தோம். தேவராஜன் டார்ச் அடித்து ஒவ்வொரு கல்லையும் காட்டினார். இது பிற்காலத்தில் வைத்த கல், இது அந்தக் காலத்துக் கல் என்று பார்த்தவுடன் சொன்னார். நாங்களும் குனிந்து குனிந்து உற்றுப் பார்த்தோம். ஆயிரம் வருஷத்துக் கல்லுக்கு இவ்வளவு நேரம் கொடுக்கிறோம். கூடவே இருக்கிற மனிதரைக் கடைசியாக எப்போது உற்றுப் பார்த்தோம்?

விசில் ஒலித்தது. ஏறினோம். தேவராஜன் தலைகளை எண்ணி முடித்துவிட்டு என்னைப் பார்த்தார். இந்த முறை கொஞ்சம் பயத்தோடு. "மேடம்... உங்க ஜோடி?"

எழுந்து கடைசி சீட்வரை நடந்துபோனேன். துண்டை விலக்கி, முகத்தைப் பார்த்தேன்.

"அவரேதான்," என்றேன்.