வெங்காய டீச்சர்

வெங்காயத்தை நான்காகப் பிளந்து, ஒரு மடலைக் கழற்றி, விரல்களுக்கு நடுவே வைத்து மளுக்கென்று ஒடிக்கிறார். ஒடிந்த இரண்டு துண்டுகளுக்கும் இடையே சோப்புக் குமிழின் தோல் போல மெல்லிய ஒன்று தொங்குகிறது. புருவம் திருத்துகிற இடுக்கியால் அதை உரித்து, தண்ணீர்க் கிண்ணத்தில் மிதக்க விடுகிறார். மிச்ச வெங்காயத்தை என் பக்கம் தள்ளுகிறார்.

"இந்தாங்க தம்பி, இனிமே இது சமையலுக்கு. எனக்கு வேண்டியதை எடுத்துக்கிட்டேன்."

இவர் என் மனைவியின் அக்கா. பள்ளிக்கூடத்தில் உயிரியல் ஆசிரியை. வருடா வருடம் புதுப்புது வகுப்புகளுக்கு ஒரே பாடத்தை, தாவர செல்லும் விலங்கு செல்லும் எதில் ஒன்று, எதில் வேறு என்பதை, புதிதாகக் கண்டுபிடித்தவர் போல நடத்துகிறார். பிள்ளைகள் வைத்த பெயர் வெங்காய டீச்சர். அவருக்கு அது தெரியும். "வெறும் டீச்சர்னா யாருக்கு ஞாபகம் இருக்கும்?" என்பார். கைப்பையில் வீட்டுச் சாவி இருக்கிறதோ இல்லையோ, ஒரு வெங்காயம் இருக்கும்.

என் மனைவி இறந்ததிலிருந்து ஞாயிற்றுக்கிழமை மாலைகளில் என் வீட்டுக்கு வந்துதான் உரிக்கிறார். "உங்க வீட்டு வெங்காயந்தான் நல்லா உரியுது" என்பது அவர் சொல்லும் காரணம். நாங்கள் இருவரும் ஒரே கடையில்தான் வாங்குகிறோம். அதை நான் சொன்னதில்லை.

உலகத்தில் உள்ள எல்லோரையும் அவர் இரண்டாகப் பிரித்து வைத்திருக்கிறார். நான் தாவர செல். "சுத்தி ஒரு சுவரு. நடுவுல பெரிய தண்ணித் தொட்டி. உட்கருவைக் கூட ஓரமா ஒதுக்கிட்டு அந்தத் தொட்டி உக்காந்திருக்கும். உங்களை மாதிரியேதான்." அவருடைய தங்கை, அதாவது என் மனைவி, விலங்கு செல். சுவர் கிடையாது, மெல்லிய சவ்வு மட்டும். யார் தொட்டாலும் அந்தப் பக்கம் குழிந்துகொடுக்கும். "அப்ப ரெண்டுக்கும் ஒத்தே போகாதா அக்கா?" என்று ஒருமுறை கேட்டேன். "ஏன் போகாது? உட்கரு ரெண்டுலயும் இருக்கு. சவ்வு ரெண்டுலயும் இருக்கு, உங்களுக்குச் சுவருக்கு உள்ளாற இருக்கு, அவ்வளவுதான். பாதி மார்க் ஒற்றுமைக்குத்தான் தம்பி. பசங்க அதை எழுதாமத்தான் கோட்டை விடுறாங்க."

தாவர செல் என்றால் பச்சை இருக்க வேண்டுமே, வெங்காயத்தில் எங்கே என்று வகுப்பில் யாராவது கேட்பார்களாம். "மண்ணுக்குள்ள கிடக்கிறவனுக்குப் பச்சை எதுக்கு? மேல இலை வெயில்ல நின்னு சமைச்சு அனுப்புது. இவன் கீழ உக்காந்து தின்னுட்டு உப்பிக்கிட்டு இருக்கான்." இதை என்னிடம் சொன்னபோது என் அடுப்பின் மேல் படிந்திருந்த தூசியைப் பார்த்தபடி சொன்னார். அன்றிரவு நானே சமைத்தேன். அடுத்த நாள் உணவகச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிட்டேன்.

வெங்காயத்துக்குப் பஞ்சமில்லை. விலங்கு செல்லுக்கு வேண்டியது கன்னம். பல்குத்தும் குச்சியால் கன்னத்தின் உள்பக்கத்தை லேசாகச் சுரண்டி, நுண்ணோக்கியில் வைக்கிற கண்ணாடிச் சில்லில் தேய்த்து, ஒரு சொட்டு நீலச் சாயம் விட்டால் போதும். முன்பு பிள்ளைகளின் கன்னத்திலேயே எடுத்தார்கள். ஒரு பையனின் அப்பா சண்டைக்கு வந்ததும் தலைமை ஆசிரியர் தடை போட்டுவிட்டார். அதன் பிறகு ஆண்டுதோறும் கன்னம் கொடுத்தவள் என் மனைவி. பேசிக்கொண்டிருக்கும்போதே வாயைத் திறந்து காட்டுவாள். அக்கா சுரண்டி முடித்ததும் விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடருவாள். "என் கன்னத்தைப் பாத்து எத்தனை பேரு பாஸ் பண்ணியிருக்காங்க தெரியுமா?" என்று என்னிடம் பீற்றிக்கொள்வாள்.

அக்கா சில்லுகளுக்குச் சீட்டு ஒட்டுவதில்லை. "கண்ணு எதுக்கு இருக்கு?" இரண்டுக்கும் ஒரே நீலம், இரண்டின் ஓரத்திலும் கசியாமலிருக்கத் தங்கையின் நகப்பூச்சு. காரியமெல்லாம் முடிந்த பிறகு அவற்றில் இரண்டு சில்லுகளைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்தார். "ஒண்ணு அவளோடது. எடுத்துக்கோங்க" என்று சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். எது என்று நான் கேட்கவில்லை. பட்டம் வாங்கியவன் அல்லவா, கேட்டால் கௌரவம் என்ன ஆவது? விளக்குக்கு நேரே பிடித்துப் பார்த்தேன். ஒன்று கலங்கலாக இருந்தது. மற்றது தெளிவாக, அழகாக இருந்தது. அழகாக இருந்ததை எடுத்துக்கொண்டேன். மற்றதை அக்கா பார்க்காமலே கைப்பைக்குள் போட்டுக்கொண்டு போனார்.

அதற்குப் பிறகு நான் செய்தவற்றைச் சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. சில்லை மூக்குக்கண்ணாடிக் கூட்டில் பஞ்சு வைத்துப் படுக்கவைத்தேன். காலையில் வேலைக்குப் போகும்போது சொல்லிக்கொண்டு போவேன். மின்கட்டணம் கூடியதைச் சொன்னேன். அவளுடைய சட்டை ஊசிகளை எங்கே வைத்திருக்கிறாள் என்று கேட்டேன். போன வாரம் கைபேசியில் மாட்டுகிற ஒரு சிறிய லென்ஸ் வாங்கிவந்து பார்த்தேன். கண்கள் நிறைந்துவிட்டன. வரிசை வரிசையாக, செங்கல் அடுக்கியது போல, அத்தனை ஒழுங்கு. அலமாரியை அடுக்குகிறவள் கன்னத்துக்குள்ளும் இப்படித்தான் இருந்திருக்கிறாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை வந்த அக்காவிடம் அதைப் பெருமையாகச் சொன்னேன். "உங்க தங்கச்சி கன்னத்துக்குள்ள செங்கல் கட்டடம் மாதிரி என்ன ஒரு வரிசைக்கா!"

இடுக்கி நின்றது. "என்ன மாதிரி?"

"செங்கல் மாதிரி."

"ஓரம் எல்லாம் நேரா, கோடு போட்ட மாதிரியா?"

"ஆமாக்கா."

கைபேசியில் எடுத்திருந்த படத்தைக் காட்டினேன். அவர் மூக்குக்கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார்.

"தம்பி, நீங்க இத்தனை நாளா வெங்காயத்தை வச்சிருக்கீங்க."

நான் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன்.

"எட்டாங்கிளாஸ் பிள்ளை சொல்லிடும். கன்னத்துல ஏது சுவரு? ஒண்ணு மேல ஒண்ணு ஏறிக்கிட்டு, மடிஞ்சுக்கிட்டு, தாறுமாறாக் கிடக்கும். அவ அலமாரியை நீங்க திறந்து பாத்ததே இல்லையா? முன்னாடி மட்டுந்தான் அடுக்கி வச்சிருப்பா."

சிரித்தார். நானும் சிரித்தேன். ஒரு வெங்காயத்திடம் மின்கட்டணத்தைப் பற்றிப் புலம்பிய ஆள் சிரிக்காமல் வேறென்ன செய்வது? சிரிப்பு பாதியில் இருக்கும்போதே அவர் முகம் மாறியது. எழுந்து கைப்பையைத் தேடினார். அது தோளில்தான் இருந்தது.

"அப்ப எங்கிட்ட இருக்கிறதுதான் அவ. வெங்காயம்னு நெனச்சு, பழசையெல்லாம் கழுவிடலாம்னு காலையில சோப்புத் தண்ணில போட்டுட்டேன்."

பள்ளித் தவணை தொடங்குமுன் பழைய சில்லுகளை ஊறப்போட்டு, மேல்கண்ணாடியைத் தள்ளி, தேய்த்துக் கழுவி மறுபடி பயன்படுத்துவது அவர் வழக்கம். தன் வீடு வரையுள்ள மூன்று தெருவையும் அவர் ஓட்டமும் நடையுமாகக் கடந்தார். நான் பின்னால் செருப்பு மாற்றிப் போட்டுக்கொண்டு ஓடினேன். "தண்ணி உள்ள போயிருக்குமாக்கா?" என்றேன். "பேசாம வாங்க" என்றார்.

அவருடைய சமையலறைத் தொட்டியில் ஒரு பிளாஸ்டிக் டப்பா. நுரை அடங்கிய தண்ணீருக்கடியில் சில்லுகள் கிடந்தன. சிலவற்றில் மேல்கண்ணாடி தனியே மிதந்துபோயிருந்தது. ஒவ்வொன்றாக எடுத்து, ஓரத்தை விரலால் தடவிப் பார்த்து, தள்ளி வைத்தார். கடைசியாக ஒன்றைத் தடவியபோது விரல் நின்றது. சிவப்பு நகப்பூச்சு நான்கு ஓரத்திலும் உரியாமல் இருந்தது. புடவைத் தலைப்பால் ஒற்றி எடுத்தார். தேய்க்கவில்லை.

பள்ளியில் கழித்துவிட்ட பழைய நுண்ணோக்கி ஒன்று அவருடைய சாப்பாட்டு மேசையில் எப்போதும் இருக்கும். அதில் சில்லைச் செருகி, ஒரு கண்ணை மூடி, மறு கண்ணை வைத்து, திருகைத் திருப்பினார்.

"நீலம் வெளுத்துப்போச்சு" என்றார். திருகை இன்னும் கொஞ்சம் திருப்பி, "அவ இருக்கா" என்றார்.

நான் பார்க்கலாமா என்று கேட்டேன். "இருங்க, ஃபோகஸ் பண்ணித் தரேன்" என்றார். திருகு திரும்பவில்லை. பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, பார்த்ததும் நகரு நகரு என்று விரட்டுகிறவர், கண்ணை எடுக்கவே இல்லை. மறுபடி கேட்கலாமா என்று யோசித்தேன்.

"தம்பி, மேசையை ஆட்டாதீங்க. எல்லாம் ஓடுது" என்றார்.

நான் கதவோரத்தில் நின்றிருந்தேன். மேசையின் மேல் இருந்தது அவருடைய கை மட்டும்தான்.