வீரன் யாருடைய கிடா

சன்னாசிக்குப் பெண்டாட்டி பிள்ளை கிடையாது. ஜெராம் ஊருக்கு உள்ளே ஒரு செம்பனைத் தோட்டத்தில், தொழிலாளர் குடியிருக்கும் லயத்திலிருந்து ஒரு மைல் தள்ளி, முப்பது ஆடுகளோடு தனிக் கொட்டகையில் இருந்தார். வாரக்கணக்கில் மனிதரோடு பேச மாட்டார். ஆனால் பொறாமை மட்டும் ஒரு பெரிய குடும்பத்துக்குப் பங்கு வைக்கிற அளவு இருந்தது.

எல்லாம் வீரனால் வந்தது. தோட்டத்தில் ஆட்களை வேலை வாங்கும் மண்டோர் நாராயணசாமி முனியாண்டிக்கு நேர்ந்து, எண்பத்து நான்கில் சன்னாசியிடம் வளர்க்கக் கொடுத்த கறுப்புக் கிடா அது. குட்டியிலேயே அதைச் சன்னாசி தன் கைலிக்குள் பொத்திவைத்துப் போத்தலில் பால் கொடுத்தார். "வீரா" என்று அவர் கூப்பிட்டால் போதும், எங்கே மேய்ந்தாலும் நிமிர்ந்து, காது படபடக்கத் தலையை உதறும். லயத்துப் பெண்கள் யாராவது அதைத் தடவிக் கொடுத்தால் மறுநாள் ஆடுகள் வேறு பாதையில் போகும். ஞாயிறுகளில் மண்டோர் பன் கொண்டுவருவார். வீரன் அதை ஓடிப்போய் வாங்கித் தின்பதைப் பார்த்தால் சன்னாசிக்கு வயிறு எரியும். அன்றைக்குச் சோறு இறங்காது.

மறு வருஷம் ஆடித் திருவிழாவில் வீரனுக்கு மாலை போட்டார்கள். மஞ்சள் தண்ணீர் தெளித்ததும் கிடா தலையை உதற வேண்டும், அதுதான் சாமியின் சம்மதம். மூன்று முறை தெளித்தும் உதறாவிட்டால் சாமிக்கு வேண்டாம் என்று அவிழ்த்துவிடுவார்கள். பழையபடி பட்டிக்கே வந்துவிடும். கூட்டத்தின் கடைசியில் நின்று சன்னாசி முனியாண்டியைக் கெஞ்சிக்கொண்டிருந்தார்.

முதல் தண்ணீருக்கு வீரன் அசையவில்லை. இரண்டாவதுக்கும் இல்லை. மூன்றாவதுக்கும் அசைவேனா என்று நின்றான். பூசாரி கயிற்றை அவிழ்க்கக் குனிந்தார்.

மண்டோருக்கு முகம் செத்துப்போனது. சமாளித்துக்கொண்டு ஒரு வாழைப்பழத்தை நீட்டினார். வீரன் தின்றுவிட்டு அவர் காலில் தலையைத் தேய்த்தான்.

"பாத்தீங்களா லா! சாமி விட்டாலும் இது என்னைய விடாது. யாரு மொதலாளின்னு அதுக்குத் தெரியும்!"

கூட்டம் சிரித்தது. சன்னாசிக்குக் கண்மண் தெரியவில்லை.

"டேய் வீரா!"

வீரன் திரும்பினான். காது படபடக்கத் தலையை உதறினான்.

பெண்கள் குலவையிட்டார்கள். "உத்தரவு குடுத்துட்டாரு!" என்று பூசாரி கத்தினார்.

"இல்ல, இல்ல, அது என்னையப் பாத்துத்தான்..." ஆட்களை இடித்துத் தள்ளிக்கொண்டு சன்னாசி ஓடினார். உறுமிச் சத்தத்தில் யார் காதிலும் விழவில்லை. அவர் முன்னால் வருவதற்குள் முடிந்துவிட்டது.

சாயங்காலம் மண்டோர் கொட்டகைக்கு வந்தார். கையில் வாழை இலைப் பொட்டலம்.

"நீ கூப்ட்டதாலதான்யா சாமி ஏத்துக்கிச்சு. அது உன் கிடாதான், ஒத்துக்கிறேன். இந்தா, மொதப் பங்கு உனக்கு."