பன்னிரண்டு வெள்ளிக் கணக்கு

அன்று சாயங்காலம் கிடங்கில் இருந்தவர்கள் ஐந்து பேர். கூலிக் கூட்டத்துக்குத் தலைவரான தண்டல், புக்கிட் காதிலிலிருந்து ஒரே சைக்கிளில் வந்து போகும் அண்ணன் தம்பி இருவர், வெற்றிலையை வாயிலிருந்து இறக்காத நெட்டைக்காரர், அப்போதுதான் கல்யாணமான ஒரு இளவட்டம். கணக்கு எழுத நான் இருந்தேன். கூலிக் கூட்டத்தில் இல்லாதவர் ஆறாவது ஆள். நாலரை மணி அடித்ததும் குழாயடியில் கைகால் கழுவிக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டார். சீன முதலாளியான தவுக்கேயும் இல்லை. கப்பல் நாட்களில் அவர் எங்களை நம்பி வீட்டுக்குப் போய்விடுவது வழக்கம்.

கப்பல் வெளியே கடலில் நங்கூரம் போட்டிருந்தது. காஜா பெராங் கிடங்கிலிருந்து ரப்பர் கட்டுகளை லோரியில் ஏற்றி ஆற்றோரம் அனுப்பினால், அங்கிருந்து தொங்காங் படகுகள் கப்பலுக்குக் கொண்டுபோகும். கப்பல் காத்திராது. அதனால் அந்த நாட்களில் வேலை நாலரையோடு முடியாமல் எட்டரை வரைக்கும் நீளும். அன்றுதான் முதல் முறையாக அந்த நாலு மணி நேரத்தை ஆள் ஆளாகப் பெயர் போட்டு எழுதினேன். ஐந்து பெயர்கள். கையெழுத்து அழகாக வந்திருக்கிறதா என்றுகூடப் பார்த்துக்கொண்டேன்.

அதுவரைக்கும் அப்படி எழுதும் வழக்கமே இல்லை. கப்பல் நாள் என்றால் தவுக்கே மொத்தமாகப் பன்னிரண்டு வெள்ளி கொடுப்பார். தண்டல் அதை ஆறாகப் பிரிப்பார். ஆளுக்கு இரண்டு வெள்ளி. யார் இருந்தார், யார் போனார் என்ற பேச்சு கிடையாது. தீமிதிக்கு விரதம் இருந்து படுத்துவிட்டவருக்கும் இரண்டு வெள்ளி, மாமனார் சாவுக்குப் போனவருக்கும் இரண்டு வெள்ளி. இதற்கு அவர்கள் ஒரு பெயரும் வைத்திருக்கவில்லை. காற்று வீசுவது போல அது பாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது.

ஆறாவது ஆளின் மனைவிக்கு நெஞ்சில் காசம். மூன்று மாதமாக ஆஸ்பத்திரியில் கிடந்தார். பார்க்கப் போகும் நேரம் ஐந்திலிருந்து ஆறு வரைதான். பார்த்துவிட்டு வீட்டுக்குப் போய், ஒன்பது வயதுப் பெண்ணுக்கும் அவள் தம்பிக்கும் சோறாக்கிப் போட வேண்டும். ஆகவே மூன்று மாதமாக எந்தக் கப்பல் நாளிலும் அவர் நாலரைக்கு மேல் நின்றதில்லை. அவருடைய இரண்டு வெள்ளியும் நின்றதில்லை. தினக்கூலியும் அந்த இரண்டு வெள்ளியும் இருந்ததால்தான் பிள்ளைகள் இருவரும் வீட்டிலேயே இருந்து பள்ளிக்கூடம் போய் வந்தார்கள். இதெல்லாம் எனக்கு நன்றாகவே தெரியும். தெரியாமல் செய்தேன் என்று சொல்ல எனக்கு வழியில்லை.

எங்கள் குடும்பத்தில் கையெழுத்துப் போடத் தெரிந்த முதல் ஆள் நான். கணக்கு எழுதும் இந்தக் கிராணி வேலை கிடைத்தபோது அப்பா என் நாற்காலியைப் பார்ப்பதற்கென்றே ஒரு நாள் கிடங்கு வாசலுக்கு வந்து நின்றார். மெர்டேக்கா, நாட்டுக்குச் சுதந்திரம் வந்த வருடம் அது. புதுத் தொழிலாளர் சட்டத்தைப் பற்றிக் கோப்பிக்கடைகளில் எல்லாம் பேச்சு. நான் தொழிலாளர் இலாகாவில் கேட்டுச் சட்டப் புத்தகத்தை வாங்கி, அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படித்தேன். எட்டு மணி நேரத்துக்கு மேலே வேலை வாங்கினால் மணிக்கூலியைப் போல ஒன்றரை மடங்கு கொடுக்க வேண்டும். இதைப் படித்ததும் எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. நாடு நமக்காக எழுதி வைத்திருக்கிறது, படித்துச் சொல்லத்தான் ஆளில்லை என்று தோன்றியது.

கோப்பிக்கடையில் அவர்களை உட்காரவைத்துக் கணக்குச் சொன்னேன். நாள் கூலி மூன்று வெள்ளி இருபது காசு. எட்டு மணி நேரத்துக்குப் பிரித்தால் மணிக்கு நாற்பது காசு. ஒன்றரை மடங்கென்றால் அறுபது காசு. நாலு மணி நேரத்துக்கு இரண்டு வெள்ளி நாற்பது.

"அப்ப இத்தன வருஷமா கப்பலுக்கு நாப்பது காசு நம்ம வாயிலேர்ந்து புடுங்கியிருக்கான்" என்றார் நெட்டைக்காரர்.

"உன் வாயிலேர்ந்து வெத்திலையவே புடுங்க முடியல, காசையா புடுங்கப் போறான்?" என்றார் தண்டல். எல்லாரும் சிரித்தார்கள்.

ஆறாவது ஆள் அன்றைக்கும் அங்கே இல்லை. தண்டல் என் பக்கம் திரும்பி, "சரி கிராணி தம்பி, ஆறு பேருன்னே எழுதிரு" என்றார்.

"வராத ஆளுக்கு எப்படிண்ணே ஓவர்டைம் எழுதறது? சட்டம் வேல செஞ்சவனுக்குத்தான்."

"வராத ஆளா? அவன் நம்ம ஆளுப்பா."

"பொய்க் கணக்காயிடும்ணே. இலாகாக்காரன் வந்து பார்த்தா மாட்டறது நான்தான்."

அவர் கோப்பியைத் தட்டில் ஊற்றி ஆற்றினார். "படிச்ச புள்ள சொல்ற. ஆகட்டும்" என்றார். அந்த 'ஆகட்டும்' எனக்கு அப்போது சம்மதமாகக் கேட்டது.

அதற்குப் பிறகு வந்த கப்பல் நாளில்தான் அந்த ஐந்து பெயர்களை எழுதினேன். மறுநாள் தவுக்கேயிடம் போனேன். நாங்கள் மலாயில்தான் பேசிக்கொள்வோம். சட்டத்தைச் சொன்னேன். அவர் மணிச்சட்டத்தை இழுத்து நாலு மணிகளைத் தள்ளினார்.

"ஆறு பேரு. பதினாலு வெள்ளி நாப்பது. எனக்கு ரெண்டு நாப்பது கூட. கப்பல் உங்க அப்பனுதா?"

அவர் ஒத்துக்கொள்ள மாட்டார் என்று பயம் வந்துவிட்டது. சட்டம் தோற்றுவிடும், கோப்பிக்கடையில் என் முகம் என்ன ஆகும் என்று நினைத்தேன். அப்போதுதான் அதைச் சொன்னேன்.

"ஆறு பேர் இல்லை தவுக்கே. சாயங்காலம் நிற்பது ஐந்து பேர்தான். ஐந்து பேருக்குப் பன்னிரண்டு வெள்ளி. நீங்கள் இப்போது கொடுப்பதும் பன்னிரண்டுதானே? உங்களுக்கு ஒரு காசும் அதிகமாகாது."

அவர் மணிச்சட்டத்தை மறுபடி தட்டினார். பன்னிரண்டு வந்தது. என்னை ஒரு முறை நிமிர்ந்து பார்த்தார்.

"அஞ்சு பேரே முடிச்சிர்றாங்களா?"

"முடிச்சிடறாங்க தவுக்கே" என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன்.

சம்பளம் போட்ட சனிக்கிழமை ஐந்து பேரும் ஒவ்வொரு கப்பல் நாளுக்கும் இரண்டு வெள்ளி நாற்பது வாங்கினார்கள். கிடங்கு வாசலிலேயே தண்டல் துண்டை விரித்தார். ஒவ்வொருவரும் கூட வந்த நாற்பது காசை அதில் போட்டார்கள். ஐந்து நாற்பது இரண்டு வெள்ளி. ஆறாவது ஆளின் கையில் பழைய இரண்டு வெள்ளி அப்படியே போய்ச் சேர்ந்தது. "பார்த்தியா தம்பி, உன் சட்டமும் நின்னுச்சி, நம்ம ஆளும் நின்னான்" என்றார் தண்டல். எனக்குக் கண் கலங்கிவிட்டது. எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்று வீட்டுக்குப் போய் அப்பாவிடம்கூடச் சொன்னேன்.

திங்கட்கிழமை தவுக்கே என்னைக் கூப்பிட்டார். "சாயங்காலம் அஞ்சு பேரு போதும்னா பகல்ல மட்டும் எதுக்கு ஆறு? அந்த ஆஸ்பத்திரிக்காரனுக்கு ரெண்டு வாரக் கூலி சேர்த்துக் குடுத்து அனுப்பிரு."

"பகலில் ஆறு பேர் வேண்டும் தவுக்கே" என்றேன்.

"நீதானே கணக்குக் காட்டின?"

கல்லாவைத் திறந்தேன். முப்பத்தெட்டு வெள்ளி நாற்பது காசை எண்ணி உறையில் போட்டு நானே ஆறாவது ஆளிடம் கொடுத்தேன். அவர் மேசைக்கு முன்னால் நின்று உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"நான் என்ன தப்புப் பண்ணேன் தம்பி?"

"ஒண்ணும் இல்லண்ணே."

"சாயந்தரம் நிக்காததுக்கா?"

நான் தலையை ஆட்டினேன். ஆமாம் என்றா, இல்லை என்றா, எனக்கே தெரியவில்லை.

மறுநாள் காலையிலேயே வேலை தடுமாறியது. ஏழரைக்கு வந்தவர்கள் தராசைத் துடைத்து நிறுத்த வேண்டியிருந்தது. கட்டுகள் ஒட்டாமலிருக்க மேலே பூசும் வெள்ளைக் கரைசலைக் கலக்கவே முக்கால் மணி நேரம் போயிற்று. முதல் லோரி கிளம்ப ஒன்பதரை ஆனது. எட்டு மணிக்கு வந்து நாற்காலியில் உட்காரும் எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. தண்டலிடம் கேட்டேன்.

"இத்தன நாளா யாரு கலக்கி வெச்சான்னு நெனச்ச? பேயா? அவன்தாம்பா. ஆறு மணிக்கே வந்திருவான். சாயந்தரம் நிக்க முடியலியேன்னு மூணு மாசமா காலையில வந்து செஞ்சி வெச்சிட்டிருந்தான்."

"இத ஏண்ணே எங்கிட்டச் சொல்லல?"

"நீ சாயந்தரக் கணக்குத்தானே கேட்ட."

மேசைக்குப் போய் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். ஆறிலிருந்து ஏழரை வரை ஒன்றரை மணி நேரம். அறுபது காசு வீதம் தொண்ணூறு காசு. கப்பல் வந்தாலும் வராவிட்டாலும், வாரத்துக்கு ஆறு நாள். ஐந்து வெள்ளி நாற்பது. கப்பலுக்கு இரண்டு வெள்ளி கொடுத்துக் கூட்டாளிகள் அவருக்கு இரக்கம் காட்டியதாக நான் நினைத்துக்கொண்டிருந்தேன். சட்டப்படியே பார்த்தாலும் அவருக்குச் சேர வேண்டியதைவிட அது குறைவு. ஓவர்டைம் என்றால் சாயங்காலம்தான் என்று என் தலையில் இருந்தது. புத்தகத்தில் அப்படி எங்கேயும் எழுதியிருக்கவில்லை. எடுத்துப் பார்த்தேன். இல்லை.

அன்று சாயங்காலமே ஆஸ்பத்திரி வாசலில் காத்திருந்து அவரைப் பிடித்தேன். கணக்கைச் சொன்னேன். இலாகாவில் போய் எழுதிக் கொடுக்கலாம், மூன்று மாதக் காலை வேலைக்கும் பணம் வாங்கலாம் என்றேன். கையில் பழங்கள் இருந்த பையோடு முழுவதையும் கேட்டார். பிறகு ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"நான் ஆறு மணிக்கு வந்தேன்னு தவுக்கே ஒத்துக்க மாட்டான். நம்ம ஆளுங்கள இழுத்தா அவனுங்க பொழப்பும் போயிரும். நீ கிராணி. நீ வந்து சொல்லுவியா தம்பி?"

"யோசிச்சிச் சொல்றேன்ணே" என்றேன்.

"சரிப்பா" என்று உள்ளே போனார். பார்க்கும் நேரம் ஆரம்பமாகியிருந்தது. நான் யோசிக்கப் போவதில்லை என்பது அவருக்கு அங்கேயே தெரிந்திருக்கும். எனக்கும் தெரியும். அப்பா பார்த்துவிட்டுப் போன அந்த நாற்காலியை நான் விடத் தயாராக இல்லை. சட்டத்தை எல்லாருக்கும் படித்துச் சொன்னவன், அந்தச் சட்டம் என்னைச் சாட்சிக்குக் கூப்பிட்டபோது போகவில்லை.

அடுத்த சம்பளத்தில் பத்து வெள்ளியை எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். வீட்டில் பிள்ளைகள் இல்லை. புக்கிட் ரம்பாய் பக்கத்துத் தோட்டத்தில் மைத்துனி வீட்டில் கொண்டுபோய் விட்டிருந்தார். பெண்ணின் பள்ளிக்கூடம் நின்றுபோயிருந்தது. பணத்தை நீட்டினேன். வாங்கவில்லை.

"தண்டல் குடுத்தா வாங்குறீங்களே அண்ணே."

"அவங்களுக்குத் திருப்பிச் செய்ய எனக்கு வழி இருக்கு. நாளைக்கு ஒருத்தனுக்கு முடியலன்னா அவன் கட்டையும் சேர்த்துத் தூக்குவேன். உனக்கு நான் என்னத்த எழுதிக் குடுப்பேன்?"

கோபமாகச் சொல்லவில்லை. கோப்பி போட்டுக் கொடுத்துத்தான் அனுப்பினார். அந்தக் கோப்பியைக் குடித்து முடிப்பதற்குள் எனக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது.

வேலையில்லாமல் அவர் ஏழு வாரம் இருந்தார். பிறகு பத்து பெரெண்டாம் ஊரின் விமானத் திடலில் புல் வெட்டும் வேலை கிடைத்தது. கூலி குறைவு. ஆனால் நாலு மணிக்கு விட்டுவிடுவார்கள். மனைவி தேறி வீட்டுக்கு வந்தார், பிள்ளைகளும் திரும்பி வந்தார்கள் என்று தண்டல் சொன்னார். பெண்ணை மட்டும் அந்த வருடம் பள்ளிக்கூடத்தில் மறுபடி சேர்க்கவில்லை, அம்மாவுக்குத் துணையாக வீட்டில் நிறுத்திவிட்டார்களாம். அதற்குக் கணக்குப் போடும் முறை எனக்குத் தெரியாது. மற்றதற்குப் போட்டேன். யாரும் கேட்கவில்லை, ஆனாலும் போட்டேன். ஏழு வாரத்தில் அவருக்குப் போன நாள் கூலி நூற்று முப்பத்துநாலு வெள்ளி நாற்பது காசு. தவுக்கே கொடுத்தனுப்பிய இரண்டு வாரக் கூலியைக் கழித்தால் தொண்ணூற்றாறு வெள்ளி. அந்த ஏழு வாரத்தில் வந்த பதினொரு கப்பல் நாட்களிலும் ஐந்து பேரும் தங்கள் கூலியிலிருந்து எடுத்து அவருக்குக் கொடுத்தது இருபத்திரண்டு வெள்ளி. அது போக அவர் தலையில் விழுந்தது எழுபத்துநாலு வெள்ளி. ஆக ஆறு பேருக்கும் சேர்த்து நட்டம், தொண்ணூற்றாறு வெள்ளி.